பிளாஸ்திரியைப் பத்தி யார் கேட்டா? | வாம்பயர் படங்கள்ல தனியா நிக்கிற பசங்க

வணக்கம் மக்களே. லைட்டு கொஞ்சம் கண்ணைக் கூசும், பொறுத்துக்கங்க, அதைச் சரிபண்ற மூடுல நான் இல்ல இன்னைக்கு.

போன வீடியோல, அதான் அந்த ஓநாய் வீடியோல, கடைசியில ஒரே ஒரு நிமிஷம் 'லெட் த ரைட் ஒன் இன்'ங்கற வாம்பயர் படத்தைப் பத்திப் பேசினேன். ஒரே நிமிஷம். கீழ கமென்ட்ல போய்ப் பாத்தா பாதிப் பேர் ஒரே பாட்டு, ஒரு பையனை வதைக்கற பசங்களை வாம்பயர் வந்து கொல்ற இடத்தைப் பத்தி. "அந்த ஸ்விம்மிங் பூல் சீன் செம மாஸ்." "அந்தப் பசங்களுக்கு நல்லா வேணும்." தீ எமோஜி வேற. எனக்கு சுர்ருன்னு ஏறிடுச்சு. சரி, உண்மையைச் சொல்லிடறேன், முதல் தடவை பாத்தப்ப நானும் கை தட்டினேன். ரூம்ல யாருமே இல்ல, தனியா உக்காந்து தட்டினேன். அதனாலதான் கோவம் இன்னும் ஜாஸ்தியா வருதோ என்னவோ.

அதனால நேத்து உக்காந்து முழுப் படத்தையும் மறுபடி பாத்தேன். பகல்லதான். பேய்ப் படம், ரத்தப் படம் எதுவா இருந்தாலும் சூரியன் இருக்கும்போதுதான் பாப்பேன்னு பழைய ஆளுங்களுக்குத் தெரியும். புதுசா வந்தவங்க சிரிச்சுட்டுப் போங்க.

இப்ப படத்துக்குள்ள போறதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லியே ஆகணும், இல்லன்னா எனக்கு ஆறாது. சப்டைட்டில்! படம் ஸ்வீடிஷ், நமக்கு ஒரு வார்த்தை தெரியாது. என்கிட்ட இருக்கற காப்பியில எழுத்து நாலு செகண்ட் முந்தி ஓடுது. பையன் வாயைத் திறக்கறதுக்கு முன்னாடியே அவன் சொல்லப் போறது கீழ வந்து நிக்குது. இந்தப் படத்துல எல்லாரும் ஒரு கேள்வி கேட்டுட்டு ரொம்ப நேரம் சும்மா நிப்பாங்க. அந்த மௌனம்தான் படமே. அதுல பதில் முன்னாடியே வந்துட்டா என்ன மிச்சம்? படம் பாக்கற விஎல்சி பிளேயர்ல ஜி, ஹெச்னு ரெண்டு கீ இருக்கு, சப்டைட்டிலை முன்னப் பின்ன நகத்த. ஒரு தட்டுக்கு 50 மில்லிசெகண்ட். நாலு செகண்ட் தள்ளணும்னா 80 தட்டு. எண்ணிக்கிட்டே தட்டினேன். 47ல போன் அடிச்சுது. 47ஆ 57ஆன்னு மறந்து போச்சு. முதல்ல இருந்து வந்தேன். கடைசியில கதவு சாத்தற சத்தமும் எழுத்தும் கச்சிதமா ஒட்டிச்சு பாருங்க, எழுந்து நின்னு ரூமை ஒரு சுத்து சுத்திட்டு வந்தேன். அந்த வெற்றியை யார்கிட்டயும் சொல்ல முடியல. அதான் உங்ககிட்ட சொல்றேன்.

இந்தப் படத்துக்கு சப்டைட்டில் ராசியே இல்லன்னு நினைக்கறேன். 2009ல அமெரிக்காவுல டிஸ்க் வந்தப்ப, தியேட்டர்ல ஓடின சப்டைட்டிலைத் தூக்கிட்டு வேற ஒண்ணைப் போட்டுட்டாங்க. பேச்செல்லாம் சூம்பிப் போய், கிண்டல் போய், தயக்கம் போய், வெறும் தகவலா நின்னுச்சு. ரசிகர்கள் விடல, ஒரே சண்டை. அப்புறம்தான் தியேட்டர் சப்டைட்டிலோட மறுபடி போட்டாங்க. அந்தக் கோவம் எனக்கு நல்லா புரியுது.

சரி, படம். 2008, டைரக்டர் தோமஸ் ஆல்ஃப்ரெட்சன். கதையும் திரைக்கதையும் யோன் ஐவிதே லின்ட்க்விஸ்ட், அவரோட 2004 நாவல்தான் இது. ஸ்டாக்ஹோம் பக்கத்துல ப்ளாக்கெபெரின்னு ஒரு புறநகர், அவர் வளந்த இடமே அதுதான். கதை நடக்கறது 1982 பனிக்காலம். ஆனா நிறைய ஷூட்டிங் பண்ணது வடக்க லூலியோல, பனி கேரன்ட்டியா வேணும்னு. ஆஸ்கர், 12 வயசு. அம்மாகூட அபார்ட்மென்ட்ல இருக்கான், அப்பா தனியா வேற ஊர்ல. ஸ்கூல்ல கானின்னு ஒருத்தனும் அவன்கூட ரெண்டு பேரும் இவனைப் போட்டு வதைக்கறாங்க. பக்கத்து வீட்டுக்கு ஒரு பெரியவரும் ஒரு புள்ளையும் குடி வர்றாங்க. அந்தப் புள்ள பேரு ஏலி. தயவுசெஞ்சு ஏலின்னு நீட்டிச் சொல்லுங்க. குறுக்கினீங்கன்னா நமக்கு வால் முளைச்ச வேற ஒண்ணு ஞாபகத்துக்கு வந்து பயமெல்லாம் போயிடும்.

இன்னொண்ணு. ஏலியை அவன்னு சொல்றதா, அவள்னு சொல்றதா? ஏலியே கேக்கும், "நான் பொண்ணு இல்லன்னாலும் என்னைப் பிடிக்குமா?"ன்னு. இங்கிலீஷ்ல எழுதறவங்க இதுக்குத் தலையைப் பிச்சுக்கறாங்க. நமக்கு என்ன கஷ்டம்? "அந்தப் புள்ள வந்துச்சு, அந்தப் புள்ள சொல்லுச்சு." முடிஞ்சுது. நடிச்சது லீனா லியான்டர்சன். ஆனா குரல் அவங்களோடது இல்ல, எலிஃப் ஜெய்லான்னு இன்னொருத்தரோடது. கொஞ்சம் கட்டையான குரல் வேணும்னு மாத்தினாங்க. சின்ன உடம்புக்குள்ள இருந்து வயசு தெரியாத ஒரு குரல் வரும்.

இவங்க ரெண்டு பேரும் சந்திக்கற சீன். ஆஸ்கர் முற்றத்துல மரத்தைக் கத்தியால குத்திக்கிட்டு நிக்கறான். அய்யோ, கத்தியை முன்னாடியே சொல்லியிருக்கணும். படம் ஆரம்பமே அதான். ஜன்னல் கண்ணாடியில தன் நிழலைப் பாத்துக்கிட்டு, கையில கத்தியோட, ஸ்கூல்ல அந்தப் பசங்க இவன்கிட்ட சொல்றதையே இவன் யார்கிட்டயோ சொல்ற மாதிரி சொல்லிப் பாப்பான். பன்னி மாதிரி கத்துடான்னு. வாங்கினதைத் திருப்பிக் குடுக்க ஆள் இல்லாம மரத்துக்குக் குடுக்கறான். திரும்பிப் பாத்தா பின்னாடி கம்பி ஏணி மேல ஏலி நிக்குது. அந்தப் பனியில மேல சட்டை சரியா இல்ல. வந்ததும் சொல்ற முதல் விஷயமே, "நாம ஃப்ரெண்ட்ஸா இருக்க முடியாது, தெரிஞ்சுக்க." இவன் ரோஷமா, "உன்கூட ஃப்ரெண்டா இருக்கணும்னு நான் கேட்டேனா?"ங்கற மாதிரி ஏதோ சொல்லுவான். எனக்கு இது அவ்ளோ பிடிக்கும். தனியாவே இருந்து பழகின பசங்க இப்படித்தான். மத்தவங்க வேண்டாம்னு சொல்றதுக்கு முன்னாடி தானே சொல்லிடும்.

அப்புறம் ரூபிக் க்யூப். அது உலகம் பூரா விக்க ஆரம்பிச்சதே 1980லதான், அதனால அந்த ஊருக்கு அப்ப புத்தம் புதுசு. இவன் குடுக்கறான், மறுநாள் எல்லாப் பக்கமும் சேந்து திரும்பி வருது. அடுத்த தடவை பாக்கும்போது ஏலி கேக்குது, "இப்ப வாடை அடிக்கலல்ல?"ன்னு. முன்னாடி இவன் மூஞ்சிக்கு நேரா நாறுதுன்னு சொல்லிட்டான். அந்தப் புள்ள அதை மனசுல வச்சிருந்து குளிச்சுட்டு வந்திருக்கு! எத்தனையோ வருஷமா ரத்தம் குடிச்சுக்கிட்டிருக்கற ஒரு ஜீவன், ஒரு பையன் சொன்ன ஒரு வார்த்தைக்காகக் குளிச்சுட்டு வருது. இதுக்கு ஒரு தீ எமோஜி போட்டீங்களா யாராவது?

இப்ப நான் சொல்ல வந்த இடம். பிளாஸ்திரி.

ஆஸ்கர் மோர்ஸ் எழுத்தை, அதான் புள்ளியும் கோடுமா இருக்குமே, அதைப் பாத்து எழுதி எடுத்துக்கிட்டு வர்றான். சுவத்துக்கு அந்தப் பக்கம் ஏலி, இந்தப் பக்கம் இவன், தட்டித் தட்டிப் பேசிக்கறதுக்கு. அன்னைக்கு வழியில மடக்கிப் பிடிச்சு குச்சியால அடிக்கறாங்க. கன்னம் கிழிஞ்சுடுது. வீட்டுல அம்மா பதறிப் போய்க் கேக்கறாங்க. கேக்காம இல்ல, கேக்கறாங்க. விழுந்துட்டேன்ங்கறான். சரின்னு விட்டுடறாங்க. ராத்திரி முற்றத்துல அவன் கன்னத்துல இருக்கற பிளாஸ்திரியை ஏலி பாக்குது. கேக்குது. அங்க சொல்றான், க்ளாஸ் பசங்க அடிச்சாங்கன்னு. படத்துல அவன் வாயைத் திறந்து அந்த உண்மையைச் சொல்ற முதல் ஆள் ஒரு வாம்பயர்.

நேத்து இந்த இடத்துல நிறுத்தி ரெண்டு தடவை பாத்தேன். அந்த அம்மா மோசமான அம்மா இல்ல. ஆனா அவங்ககிட்ட சொன்னா அடுத்து என்ன நடக்கும்னு இவனுக்குத் தெரியும். ஸ்கூலுக்கு போன் போகும், பெரியவங்க பேசுவாங்க, அந்தப் பசங்க இன்னும் பலமா அடிப்பாங்க. ஏலிகிட்ட சொன்னா அப்படி ஒண்ணும் ஆகாது. பதிலுக்கு, திருப்பி அடி, பலமா அடிங்குது. மூணு பேர் இருக்காங்களேன்னா, அப்ப இன்னும் பலமா அடி, முடியலன்னா நான் இருக்கேன்ங்குது. எந்தப் பையனுக்குத்தான் இதைக் கேட்டா குளிர்ந்து போகாது?

அப்பா வீட்டு சீனும் அப்படித்தான். போறான், ரெண்டு பேரும் சந்தோஷமா விளையாடிக்கிட்டு இருக்காங்க. அப்பாவோட கூட்டாளி ஒருத்தர் உள்ள வர்றார், பாட்டில் வெளிய வருது, அவ்வளவுதான், பையன் அந்த மேஜையில இல்லாத மாதிரி ஆயிடறான். யாரும் திட்டல, அடிக்கல. எனக்கு அந்தக் குச்சி அடியை விட இதுதான் வலிச்சுது.

2010ல அமெரிக்கக்காரங்க இதை 'லெட் மீ இன்'னு மறுபடி எடுத்தாங்க, மாட் ரீவ்ஸ். எனக்கு அது ரொம்பப் பிடிச்ச படம்னு சொல்ல மாட்டேன், பூதம் பாயற கிராபிக்ஸெல்லாம் பாத்தா எரிச்சலா வரும். ஆனா ரெண்டு விஷயம் உருப்படியா பண்ணியிருக்காங்க. ஒண்ணு, பையனோட அம்மா முகத்தைத் தெளிவா காட்டவே மாட்டாங்க. முதுகு, தூரம், மங்கல், அவ்வளவுதான். ரெண்டாவது, அந்தப் பையன் அப்பாவுக்கு போன் பண்ணிக் கேப்பான், மனுஷங்கள்ல கெட்டவங்க இருக்க முடியுமான்னு. எவ்ளோ பெரிய கேள்வி! அப்பா அதைக் காதுலயே வாங்காம, உங்கம்மா உனக்கு என்னத்தையோ ஊட்டறாளான்னு அவங்க சண்டைக்குப் போயிடறார். அந்த போனை வச்சதும் பையனுக்கு மிச்சம் இருக்கறது பக்கத்து வீடுதான்.

ஆனா ஒரு தப்பு பண்ணியிருக்காங்க. அந்தப் பெரியவர் சின்னப் பையனா இருந்தப்ப வாம்பயர் பொண்ணோட எடுத்த போட்டோவைக் காட்டிடுவாங்க. அதாவது இந்தப் பையனும் நாளைக்கு இப்படித்தான்னு ஸ்கேல் வச்சுக் கோடு போட்டுடறாங்க. ஸ்வீடிஷ் படத்துல அது ஒரு சந்தேகமா மட்டும் இருக்கும். லின்ட்க்விஸ்டுக்கே அந்த முடிவுல இஷ்டம் இல்ல, பின்னாடி ஒரு சிறுகதை எழுதி வேற பாதை காட்டினார். நான் அவர் கட்சி. பாதி நாளு.

ஃப்ரைட் நைட்டை விட்டுட்டேன் பாருங்க! 1985, டைரக்டர் டாம் ஹாலண்ட். அதுல எட்னு ஒரு பையன், எல்லாரும் ஈவில் எட்னு கிண்டல் பண்ணுவாங்க, ஹீரோ உட்பட. ஒரு சந்துல வாம்பயர் அவனை மடக்கும். கடிக்கப் போகுதுன்னு நாம நினைப்போம். அது பேசும். வித்தியாசமா இருக்கறதுன்னா என்னன்னு எனக்குத் தெரியும், இனிமே உன்னை யாரும் அடிக்க மாட்டாங்க, கையைக் குடுன்னு. அழுதுக்கிட்டே கையைக் குடுப்பான். படம் முழுக்க ஜோக் அடிக்கற படம், அந்த ஒரு நிமிஷம் மட்டும் ஜோக் இல்ல. அவன் அடி வாங்கறான்னு படத்துல வாயைத் திறந்து சொல்றது அவனைக் கொல்ல வந்தவன். பின்னாடி ஓநாயா மாறி, குத்துப்பட்டு, மெதுவா பையனா திரும்பிச் சாவான். குத்தின பெரியவர் பக்கத்துலயே நின்னு கண் கலங்குவார். நடிச்சது ராடி மெக்டோவல். அந்த முகத்தை மறக்க முடியல.

எல்லாமே இருட்டுன்னு நினைக்காதீங்க. 2000ல வந்த 'த லிட்டில் வாம்பயர்' குழந்தைங்க படம். இதே எலும்புக்கூடுதான். கலிபோர்னியாவுல இருந்து ஸ்காட்லாந்துக்கு வந்த டோனி, ஸ்கூல்ல ரெண்டு பசங்க தொல்லை, ஃப்ரெண்டா ருடால்ஃப்னு ஒரு வாம்பயர் பையன். இவங்க மாட்டு ரத்தம் குடிக்கற குடும்பம், அதனால மாடுகளே வாம்பயர் ஆயிடும்! பறக்கற மாடு! போன வருஷம் இதைச் சொன்னப்ப யாரும் நம்பல.

சரி, பூல் சீன். அதுக்குத்தானே வந்தோம்.

இப்பப் பாக்கும்போது என்ன கவனிச்சேன்னா, கேமரா மேல இல்ல. கானியோட அண்ணன் ஆஸ்கரோட முடியைப் பிடிச்சுத் தண்ணிக்குள்ள அமுக்கறான். மூணு நிமிஷம் மூச்சு அடக்கணும், இல்லன்னா ஒரு கண்ணு போகும்னு. தம்பியோட காதுக்குப் பதிலா கண்ணு. ஓ, காதைச் சொல்லலல்ல? ஏலி பேச்சைக் கேட்டு ஆஸ்கர் ஒரு நாள் கம்பால கானி காதுல போட்டுடுவான், பனி ஏரியில. அதுக்கு இது. நாம ஆஸ்கரோட தண்ணிக்குள்ளதான் இருக்கோம். சத்தம் எல்லாம் மொத்தையா கேக்குது. யாரோட காலோ தண்ணி மேல கிழிச்சுக்கிட்டு போகுது. ஒரு தலை விழுது. முடியைப் பிடிச்ச கை மட்டும் தனியா இருக்கு. ஆஸ்கர் கண்ணை மூடிக்கிட்டு இருக்கான். அவன் ஒண்ணுமே பாக்கல. கைதட்டச் சொன்னா கேமராவை மேல வச்சிருப்பாங்களே?

மேல வந்ததும் ஏலியைப் பாக்கறான், சிரிக்கறான். அதைத் தாண்டி ஒரு பையன் மிச்சம் இருக்கான். உயிரோட. பெஞ்சுல உக்காந்து தேம்பித் தேம்பி அழறான். முதல் தடவை அவனை நான் பாக்கவே இல்ல மக்களே. கை தட்டிக்கிட்டு இருந்தேன். நேத்து பாத்தேன். அவனும் 12 வயசுதான். வீட்டுக்குப் போவான். அவங்க அம்மாவும் கேப்பாங்க.

அவ்வளவுதான், பேட்டரி சிவப்பு காட்டுது. கடைசி சீன்ல ரயில்ல ஆஸ்கர் உக்காந்திருப்பான், பக்கத்துல பெட்டி, பெட்டிக்குள்ள ஏலி, பகல் வேளை. உள்ள இருந்து தட்டும், இவன் பதிலுக்குத் தட்டுவான். புஸ். ஸ்வீடிஷ்ல குட்டி முத்தம்னு அர்த்தம். நேத்து ராத்திரி கத்துக்கிட்டேன். புள்ளிக்குத் தட்டு, கோட்டுக்குக் கீறல். இருங்க, மைக்கை மேஜைக்கிட்ட வைக்கறேன்.

(தட்டு. கீறல், கீறல். தட்டு.)

இது பி. அடுத்து யு.

(தட்டு, தட்டு. கீறல்.)

எஸ்ஸு சுலபம், மூணு தட்டு. ரெண்டு எஸ்.

(தட்டு, தட்டு, தட்டு. தட்டு, தட்டு)