ஒல்லை என்னும் சொல்

(ஆந்திர மாநிலத்து நகரியில், பெருமாள் கோயில் மண்டபத்தில் நடந்த மார்கழி மாதக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

இந்த அவைக்குத் தலைமை ஏற்றிருக்கும் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஐயா அவர்களே, வரவேற்புரை ஆற்றிய நெசவாளர் கூட்டுறவுச் சங்கத் தலைவர் அவர்களே, திருக்கோயில் அறங்காவலர் பெருமக்களே, எத்தனையோ அலுவல்களுக்கு நடுவில் வந்திருக்கும் நகராட்சி உறுப்பினர் அம்மையார் அவர்களே, தறியை நிறுத்திவிட்டு வந்து அமர்ந்திருக்கும் நெசவாளத் தோழர்களே, தாய்மார்களே, முன்வரிசைக் குழந்தைகளே, உங்கள் அனைவருக்கும் என் பணிவான வணக்கம்.

தலைமையாசிரியர் ஐயா அவர்களைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லாமல் நான் பேச்சைத் தொடங்கினால் அது நன்றி மறந்ததாகும். எட்டாம் வகுப்பில் எனக்கு நன்னூல் நூற்பாக்களை மனப்பாடம் செய்வித்தவர் அவர். தப்பாகச் சொன்ன மாணவனை அவர் அடித்ததே இல்லை. கரும்பலகைக்கு அழைத்து, சொன்னதை அப்படியே எழுதச் சொல்வார். பாதி எழுதும்போதே தப்பு எங்கே இருக்கிறது என்று அவனுக்கே தெரிந்துவிடும். அந்தக் கரும்பலகைதான் இன்று என்னை இந்த மேடையில் நிறுத்தியிருக்கிறது. இந்த மண்டபத்தை வாடகை இல்லாமல் கொடுத்து, வந்தவர்களுக்கெல்லாம் வெண்பொங்கலும் கொடுத்த அறங்காவலர்களுக்கும் என் நன்றி உரியது. கூட்டுறவுச் சங்கத் தலைவர் அவர்களிடம் ஒரு விண்ணப்பம் வைத்திருக்கிறேன். அதைப் பிறகு சொல்கிறேன்.

இன்று நான் எடுத்துக்கொண்டது ஒரே ஒரு சொல். 'ஒல்லை' என்னும் வினையடை. இதன் பொருள் என்ன, இதன் வேர் எது, இவ்வளவு நல்ல சொல் நம் வாய்ப்பேச்சிலிருந்து ஏன் போயிற்று என்ற மூன்றையும் பேச வந்திருக்கிறேன்.

இந்தச் சொல்லை நீங்கள் கேட்டதில்லை என்று சொல்லவே முடியாது. மார்கழி பிறந்துவிட்டால் திருமலையிலேயே சுப்ரபாதம் நின்று அந்த இடத்தில் திருப்பாவை ஒலிக்கிறது. அதன் முப்பது பாசுரங்களில் பதினைந்தாவது, 'எல்லே இளங்கிளியே'. வெளியே நிற்கும் தோழியரும் உள்ளே படுத்திருக்கும் பெண்ணும் மாற்றி மாற்றிப் பேசிக்கொள்ளும் பாட்டு அது. 'இன்னம் உறங்குதியோ' என்று இவர்கள் கேட்கிறார்கள், 'சில்லென்று அழையேன்மின், போதர்கின்றேன்' என்று அவள் சொல்கிறாள், பேச்சு வளர்கிறது. அப்போது இவர்கள் சொல்வதுதான், 'ஒல்லை நீ போதாய், உனக்கென்ன வேறுடையை'. சீக்கிரம் வா, எங்களுக்கு இல்லாத வேறு என்ன வேலை உனக்கு மட்டும் இருக்கிறது என்று பொருள்.

ஒல்லை என்றால் விரைவாக, காலம் தாழ்த்தாமல். அகராதி இதோடு நின்றுவிடும். சொல் வழங்கிய இடங்களைப் பார்த்தால் இன்னும் கொஞ்சம் தெரியும். திருக்குறளில் 563ஆம் குறள், 'வெருவந்த செய்தொழுகும் வெங்கோல னாயின் ஒருவந்தம் ஒல்லைக் கெடும்' என்கிறது. 'ஒருவந்தம்' என்பதும் இன்று யாரும் பேசாத சொல். உறுதியாக என்று பொருள். அடுத்த குறளும் 'உறைகடுகி ஒல்லைக் கெடும்' என்றே முடிகிறது. 826ஆம் குறளில், நண்பரைப் போல நல்லதே பேசினாலும் பகைவர் சொல் 'ஒல்லை உணரப் படும்' என்கிறார் வள்ளுவர். அங்கெல்லாம் எவரும் எவரையும் கூப்பிடவில்லை. கேடு வருவதும் வஞ்சகம் வெளிப்படுவதும் நாள் கடத்தாமல் நடக்கும் என்று அறிவிக்கிறார், அவ்வளவுதான்.

ஆழ்வார்களிடம் வரும்போது இந்தச் சொல்லின் முகம் மாறுகிறது. நாலாயிரத்தின் தலைவாசலில் இருக்கும் திருப்பல்லாண்டில், நான்காம் பாசுரத்தில், 'ஏடு நிலத்தில் இடுவதன் முன்னம் வந்து எங்கள் குழாம் புகுந்து கூடு மனமுடையீர்கள் வரம்பொழி வந்தொல்லைக் கூடுமினோ' என்கிறார் பெரியாழ்வார். இந்த உடல் மண்ணுக்குப் போவதற்குள், உங்களை வேலி கட்டி வைத்திருக்கும் வரம்பை விட்டொழித்து, எங்கள் கூட்டத்துக்குச் சீக்கிரம் வந்து சேருங்கள் என்கிறார். தகப்பனார் 'ஒல்லைக் கூடுமினோ' என்று ஊரையே அழைக்கிறார்; மகள் ஆண்டாள் 'ஒல்லை நீ போதாய்' என்று ஒரு வீட்டுக் கதவைத் தட்டுகிறாள். இருவர் வாயிலும் அது கூட்டத்தோடு சேர்ந்துகொள்ள அழைக்கும் சொல்லாக இருக்கிறது. 'விரைந்து' என்றால் கால் எட்டி வைக்கும் வேகம் என் கண்ணுக்குத் தெரிகிறது. 'ஒல்லை' என்றால், அழைத்தவர் வாசலில் நிற்கும்போதே எழுந்து வருவது தெரிகிறது. என் பாட்டி எதற்கெடுத்தாலும் சொல்வாள், ஆறின கஞ்சி பழங்கஞ்சி என்று. ஆண்டாளின் இந்த அடிக்கு அதைவிட நல்ல உரையை நான் இதுவரை படிக்கவில்லை.

இங்கே நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். சென்ற மார்கழியில் இதே மண்டபத்தின் தூணடியில் விடியற்காலையில் பத்துப் பன்னிரண்டு பிள்ளைகள் திருப்பாவை சொல்லிக்கொண்டிருந்தார்கள். அதில் ஒரு சிறுமி, ஆறாம் வகுப்பு, விசைத்தறி ஓட்டும் வீட்டுப் பிள்ளை. வீட்டில் தமிழ், பள்ளியில் தெலுங்கு. கையில் தெலுங்கு எழுத்தில் அச்சான சின்னத் திருப்பாவைப் புத்தகம். மூலையெல்லாம் மஞ்சள் கறை, தாள்களுக்கு நடுவே அடையாளத்துக்குச் சிவப்புப் பாவுநூல் ஒன்று. எழுத்து தெலுங்கானாலும் ஒலி துல்லியம்; 'போதாய்' என்பதில் தகரத்தை எவ்வளவு மென்மையாகச் சொல்ல வேண்டுமோ அவ்வளவு மென்மையாகச் சொன்னாள். எனக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. 'கண்ணு, இந்த ஒரு வரிக்கு அர்த்தம் சொல்லு பார்க்கலாம்' என்றேன்.

அவள் கொஞ்சமும் தயங்கவில்லை. 'உள்ளே இருக்கிற பொண்ணு சொல்றா, தாத்தா. நான் ஒல்ல, வரமாட்டேன், நீ போ. உனக்கென்ன, வேற உடை இருக்குது. எனக்கு இல்லையே' என்றாள்.

பிள்ளைகள் யாரும் சிரிக்கவில்லை. அவர்களுக்கும் அப்படித்தான் தோன்றியிருக்கிறது. பக்கத்தில் பூத்தொடுத்துக்கொண்டிருந்த அம்மாள் கையை நிறுத்திவிட்டார்.

அவள் எப்படி அங்கே போய்ச் சேர்ந்தாள் என்று பாருங்கள். தெலுங்கில் 'ஒல்லனு' என்றால் வேண்டேன், இசையேன். 'போ' என்பது இரண்டு மொழிக்கும் பொது. 'வேறுடையை' என்பதில் 'உடை' இருக்கிறது. 'உடையை' என்றால் 'நீ உடையவளாய் இருக்கிறாய்' என்று சொல்லிக் கொடுக்க அவளுக்கு ஒரு தமிழாசிரியர் இல்லை. கையில் இருந்த மூன்று சொற்களை வைத்துக்கொண்டு, மார்கழிக் குளிரில் மாற்றுப்பாவாடை இல்லாததால் தோழியரோடு நீராடப் போகாமல் படுத்திருக்கும் ஒரு பெண்ணை அவள் கண்டுவிட்டாள். தப்பில் ஓர் ஓட்டை இல்லை. அந்தப் பெண்ணுக்காக அவள் குரலில் இருந்த வருத்தமும் உண்மையானது.

தலைமையாசிரியர் ஐயாவின் கரும்பலகை நினைவுக்கு வந்தது. ஒரு பலகையில் சுண்ணக்கட்டியால் அந்த அடியைத் தமிழில் எழுதிப் பிரித்துக் காட்டினேன். 'வேறு' தனி, 'உடையை' தனி. 'போதாய்' என்றால் வா. 'ஒல்லை' என்றால் சீக்கிரம். அவள் விரலால் ஒவ்வோர் எழுத்தாகத் தொட்டுப் பார்த்தாள். 'ஒ' அவளுக்குத் தெரிந்தது, 'லை' தெரியவில்லை. பிறகு நிமிர்ந்து, 'அப்போ எல்லாரும் அவளைக் கூட்டிட்டுப் போகத்தான் வந்திருக்காங்களா, தாத்தா?' என்று கேட்டாள். ஆமாம் என்றேன். அவள் முகத்தில் வந்த நிம்மதியை என்னால் இங்கே சொல்லிக் காட்ட முடியாது.

வேரைப் பற்றி நான் சொல்ல வந்ததற்கும் அந்தச் சிறுமியே வழிகாட்டினாள். 'ஒல்லுதல்' என்றால் தமிழில் இயலுதல், பொருந்துதல், இசைதல். 'ஒல்லும் வகையான் அறவினை ஓவாதே' என்பது 33ஆம் குறள். நம்மால் இயன்ற வகையிலெல்லாம் என்று பொருள். புறநானூற்றின் 196ஆம் பாட்டு 'ஒல்லுவது ஒல்லும் என்றலும்' என்று தொடங்குகிறது. கொடுக்க முடிந்ததை முடியும் என்று சொல்வது அது. 'ஒல்லார்' என்றால் இசையாதவர், பகைவர். தெலுங்கில் 'ஒல்லனு' என்பதும் இதே அடியின் மறுப்புதான். நம்மிடம் இசைவு நிலைத்தது, அவர்களிடம் மறுப்பு நிலைத்தது. மனம் இசைந்தவன் காலம் தாழ்த்த மாட்டான். ஆகவே 'ஒல்லை'யும் இந்த 'ஒல்'லிலிருந்தே கிளைத்தது என்று நான் உறுதியாகக் கருதுகிறேன். 480ஆம் குறளில் 'வளவரை வல்லைக் கெடும்' என்று வரும் 'வல்லை'க்கும் விரைவு என்றே பொருள். வலிமை விரைவானது போல இயலுதலும் விரைவாயிற்று. இதே திருப்பாவைப் பாட்டில் 'வல்லை உன் கட்டுரைகள்' என்று வருவது வேறு; அது 'நீ பேச்சில் வல்லவள்' என்பது. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்பவர்கள் பெரியவர்களிலேயே உண்டு.

ஆறாம் வகுப்புப் பிள்ளைக்கு 'லை' என்ற எழுத்து தெரியவில்லை என்றேனே, அந்த இடத்தை என்னால் கடந்து போக முடியவில்லை. 'வடவேங்கடம் தென்குமரி ஆயிடைத் தமிழ்கூறும் நல்லுலகத்து' என்று தொல்காப்பியப் பாயிரம் எல்லை கட்டிய மலையைப் பார்த்துக்கொண்டு வளர்கிற பிள்ளை அவள். 1960 ஏப்ரல் 1ஆம் நாள் திருத்தணி சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. நகரி ஆந்திரத்தில் நின்றது. அந்தக் கணக்கை மறுபடியும் திறக்க நான் வரவில்லை. தெலுங்கு நமக்குச் சோறு போடும் மொழி, நம் பிள்ளைகள் அதை நன்றாகவே படிக்க வேண்டும். ஆனால் தாய்மொழியில் தொடக்கக் கல்வி பெறும் வசதியை மொழிச் சிறுபான்மைப் பிள்ளைகளுக்குச் செய்து தர மாநிலங்கள் முயல வேண்டும் என்று அரசமைப்புச் சட்டத்தின் 350அ பிரிவு சொல்கிறது. 1956ஆம் ஆண்டுத் திருத்தத்தில் சேர்ந்த பிரிவு அது. நம் பக்கத்தில் ஒரு பள்ளியில் தமிழாசிரியர் ஓய்வு பெற்றுப் போன நாற்காலி இன்னும் காலியாக இருக்கிறது. கேட்டால், தமிழ் கேட்டுப் பிள்ளைகள் வருவதில்லை என்கிறார்கள். ஆசிரியர் இல்லாத வகுப்புக்கு எந்தப் பிள்ளை வரும்? ஆறின கஞ்சி பழங்கஞ்சி. இந்த ஆண்டு ஆறாம் வகுப்பில் இருக்கும் இன்னொரு பிள்ளை இன்னும் நான்கு ஆண்டில் பத்தாம் வகுப்பை முடித்துவிடுவாள். அதற்குப் பிறகு வரும் ஆசிரியரால் அவளுக்கு என்ன பயன்?

ஆகவே மூன்றாவது செய்தியை விட்டுவிட்டு என் விண்ணப்பத்துக்கு வருகிறேன். வாசலில் போட்டிருக்கும் மேசையில் மாவட்டக் கல்வி அலுவலருக்கு எழுதிய மனு இருக்கிறது. பிள்ளைகளைத் தமிழ் படிக்க வைக்க விரும்பும் பெற்றோர் அதில் பிள்ளையின் பெயரையும் வகுப்பையும் எழுதிக் கையெழுத்திட வேண்டும்; தெலுங்கில் கையெழுத்துப் போட்டாலும் போதும். கூட்டுறவுச் சங்கத் தலைவர் அவர்களே, சங்கக் கட்டடத்தில் நூல் கட்டுகள் வைத்திருந்த பின்னறை இப்போது காலியாக இருப்பதை அறிவேன். சனி, ஞாயிறு காலைகளில் இரண்டு மணி நேரம் அதைத் தாருங்கள். அரிச்சுவடிகளைத் திருத்தணியில் வாங்கி வந்து வைத்திருக்கிறேன். பலகையும் இருக்கிறது. வருகிற சனிக்கிழமை ஆறரை மணிக்குத் தொடங்கிவிடலாம். தை பிறக்கட்டும் என்று சிலர் சொல்கிறார்கள். ஆறின கஞ்சி பழங்கஞ்சி என்று அவர்களிடமும் சொல்லிவிட்டேன். திருப்பாவை நாவில் இருக்கும் இந்த மாதத்தில் தொடங்கினால், பிள்ளைகள் தங்களுக்கு ஏற்கெனவே தெரிந்த பாட்டையே எழுத்தில் பார்ப்பார்கள். பாதி வேலை அதிலேயே முடிந்துவிடும்.

நேரம் ஆகிவிட்டது என்று தலைவர் அவர்கள் மணியைப் பார்க்கிறார்கள். சென்ற மார்கழியில் நான் சொன்ன அந்தச் சிறுமி இப்போது ஏழாம் வகுப்பு; முன்வரிசையில்தான் அமர்ந்திருக்கிறாள். பதினைந்தாம் பாசுரத்தை அவள் இப்போது தமிழ் எழுத்தில் பார்த்துப் படிக்கப் போகிறாள். தாளில் எழுதியதும் அவளே. வா, அம்மா, மேலே வா. ஒலிவாங்கி அவளுக்கு எட்டாது. யாராவது கொஞ்சம் தாழ்த்திக் கொடுங்கள்.