நீலியின் வழக்கு

(மலேசியாவின் பினாங்கு ஜார்ஜ்டவுனில் நடந்த வாசகர் சந்திப்பு ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

அவையில் இருக்கும் பெரியோர்களுக்கும், அம்மா அப்பாவோடு வந்திருக்கும் மாணவர்களுக்கும் வணக்கம்.

நிகழ்ச்சி தொடங்கும் முன்பே பெற்றோர் சிலர் தங்கள் கவலையைச் சொல்லிவிட்டார்கள். மகள் பேய்க்கதையாகத் தேடித் தேடிப் படிக்கிறாள். நாம் சின்ன வயதில் கேட்ட நல்ல கதைகளைக்கூட, யாரோ கொடூரமாக மாற்றி எழுதிய வடிவத்தில்தான் விரும்புகிறாள். இது பிள்ளையின் மனசைக் கெடுத்துவிடாதா? கெடுக்காது என்று சொல்லிவிட்டு நான் உட்கார்ந்துவிடலாம். ஏன் கெடுக்காது என்பதைக் காட்ட வேண்டுமானால் பழையனூர் வரைக்கும் போய் வரவேண்டும். கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

தொண்டை மண்டலத்தில் திருவாலங்காட்டை ஒட்டிய ஊர் பழையனூர். நீலி கதை ஊருக்கு ஊர் சற்று மாறும், அடிப்படை இதுதான். கணவனால் கொல்லப்பட்ட ஒருத்தி பேயாகிறாள். அவன் மறுபிறவியில் செட்டியாகப் பிறந்து, வியாபாரத்துக்காக அந்த வழியே வருகிறான். பேய் நெருங்க முடியாதபடி அவன் கையில் ஒரு மந்திரக் கத்தி இருக்கிறது. நீலி அவன் மேல் பாயவில்லை. ஒரு கள்ளிக்கொம்பை ஒடித்துக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு ஊர்ச்சபைக்கு நடந்து போகிறாள். எழுபது வேளாளர் உட்கார்ந்திருக்கும் சபை. இவர் என் கணவர், என்னையும் பிள்ளையையும் விட்டுவிட்டு ஓடப் பார்க்கிறார் என்று அழுகிறாள். செட்டி பதறுகிறான், இவள் பெண்ணே இல்லை, பேய் என்கிறான். யார் கேட்பார்கள்? உன் உயிருக்கு ஏதாவது ஆனால் நாங்கள் எழுபது பேரும் உயிரைக் கொடுக்கிறோம் என்று வாக்களித்து, கத்தியை வாங்கி வைத்துக்கொண்டு, இருவரையும் ஒரே வீட்டில் தங்க வைக்கிறார்கள். விடிந்தபோது செட்டி பிணமாகக் கிடக்கிறான். எழுபது பேரும் சொன்ன சொல்லைக் காக்கத் தீப்பாய்ந்தார்கள்.

இது நேற்று முளைத்த கதை அல்ல. ஏழாம் நூற்றாண்டில் ஞானசம்பந்தர் திருவாலங்காட்டைப் பாடும்போதே, வஞ்சத்தால் ஒருவன் உயிரைக் கொண்ட அந்த ஒருத்தியைக் குறிப்பிட்டுவிடுகிறார். வேளாளரின் வாய்மையைப் பிற்காலப் புலவர்கள் போற்றிப் போற்றிப் பாடினார்கள். எனக்கு உடம்பு சிலிர்ப்பது வேறோர் இடத்தில். கொலைக்கு ஆயிரம் வழி தெரிந்த பேய், ஊர்ச்சபை வாசலில் போய் நிற்கிறதே, அங்கே. அவள் உயிரோடு இருந்து, கணவன் கையால் செத்தபோது எந்தச் சபை கூடியது? கதையில் ஒன்றும் கூடவில்லை. செத்த பிறகு, ஒரு பொய்யான குழந்தையைத் தூக்கிக்கொண்டு போனபோதுதான் எழுபது பேர் உட்கார்ந்து அவள் சொன்னதைக் கேட்கிறார்கள்.

இதைத்தான் இன்றைக்கு உங்கள் முன் வைக்கிறேன். நல்ல பேய்க்கதை என்பது கேட்க ஆளில்லாமல் போன ஒரு வழக்கு. பிள்ளைகளை அதன் பக்கம் இழுப்பது ரத்தம் அல்ல, அந்த வழக்கு. இருட்டாக மாற்றி எழுதப்படும் பழைய கதைகளும் இதே வேலையைத்தான் செய்கின்றன. முடிந்துபோன கதையை மறுபடியும் விசாரணைக்கு எடுக்கின்றன.

மாற்றி எழுதுவது இந்தக் காலத்துப் பழக்கம் என்று நினைக்காதீர்கள். ஐஞ்சிறுகாப்பியங்களில் ஒன்றான நீலகேசி, இதே பழையனூர் நீலியை எடுத்துக்கொண்டு மாற்றி எழுதியதுதான். பெயர் தெரியாத ஒரு சமணப் புலவர் எழுதினார். முனிசந்திரர் என்ற முனிவரின் சொல் கேட்டு ஊரார் காளி கோயிலில் உயிர்ப்பலியை நிறுத்திவிட, அவரை விரட்ட நீலி வருகிறாள். என்னென்னவோ உருவம் காட்டுகிறாள், மயக்கப் பார்க்கிறாள், அவர் அசையவில்லை. கடைசியில் அவள் அவரிடமே பாடம் கேட்கிறாள். பிறகு ஊர் ஊராகப் போய் பௌத்தர், ஆசீவகர், சாங்கியர், வைசேடிகர் என்று ஒவ்வொருவரோடும் தர்க்கம் செய்கிறாள். சபையில் பொய் வழக்குப் பேசிய பேய், காப்பியத்தில் தத்துவம் பேசுகிறது. அந்தப் புலவரின் துணிச்சலை நினைத்துப் பாருங்கள்! ஊரே அஞ்சி நடுங்கிய பெயரை எடுத்து, அதற்கு அறிவைக் கொடுத்து, தன் சமயத்துக்காக வாதாட நிறுத்தினார்.

அதே திருவாலங்காட்டில்தான் இன்னொரு பெண்ணும் பேயாக நிற்கிறார். கணவன் விலகிப் போனபின், இந்த அழகு உடம்பு எனக்கு வேண்டாம் என்று இறைவனிடம் பேய் வடிவத்தைக் கேட்டு வாங்கிய காரைக்கால் அம்மையார். ‘கொங்கை திரங்கி நரம்பெழுந்து குண்டுகண் வெண்பற் குழிவயிற்று’ என்று தொடங்குகிறது மூத்த திருப்பதிகம். வற்றிய மார்பு, புடைத்த நரம்பு, குழிந்த வயிறு. நம் பக்தி இலக்கியத்தின் தொடக்கத்திலேயே இந்த உருவம் இருக்கிறது. அதைக் கோயிலில் பாடிக்கொண்டே, பிள்ளை பேய்க்கதை படிக்கிறாள் என்று வருந்துவது எனக்குப் பொருந்தவில்லை.

தொல்காப்பியர் அச்சத்தை எட்டு மெய்ப்பாடுகளில், அதாவது உடம்பில் வெளிப்படும் உணர்ச்சிகளில், ஒன்றாக வைத்து, அது பிறக்கும் இடங்களையும் சொன்னார்: ‘அணங்கே விலங்கே கள்வர்தம் இறையெனப் பிணங்கல் சாலா அச்சம் நான்கே’. பேயும் காட்டு விலங்கும் திருடனும் எதிர்பார்த்தவைதான். நான்காவதாக இறை, அதாவது அரசனும் தலைவனும், வந்து நிற்பதைக் கவனியுங்கள். நம்மை ஆள்கிறவனிடம் உள்ள பயத்தைப் பேய்ப் பயத்தோடு ஒரே வரியில் வைத்த கண் எவ்வளவு கூர்மையானது! பேய்க்கதையின் பாதி ரகசியம் அந்த வரியில் இருக்கிறது. அணங்கைப் பற்றிச் சொல்வதுபோலச் சொல்லி, இறையைப் பற்றிப் பேசிவிடலாம்.

பயந்தால் நெஞ்சு படபடக்கும், ஆபத்து இல்லை என்று தெரிந்ததும் ஒரு சுகம் வரும், அதற்காகத்தான் படிக்கிறார்கள் என்று சொல்வார்கள். உண்மைதான். ஆனால் அந்தச் சுகம் புத்தகத்தை மூடியதும் போய்விடும். பத்து வருடம் கழித்தும் ஒரு கதை நினைவில் நிற்பதற்கு அது போதாது.

நம் அண்டை வீட்டு மலாய்ப் பேய்க்கு வருவோம். பொந்தியானாக்கைத் தெரியாத மலேசியப் பிள்ளை உண்டா? பிரசவத்தில் இறந்த பெண், வாழை மரம், செம்பகப் பூ வாசம். சுதந்திரம் வந்த 1957ஆம் ஆண்டில்தான் அவள் திரைக்கும் வந்தாள்; மரியா மெனாடோ நடித்த அந்தப் படத்தை இயக்கியவர் இந்தியாவிலிருந்து வந்த பி. என். ராவ். மலாய்க்காரர்களின் நம்பிக்கைகளைத் தொகுத்து ஸ்கீட் என்ற ஆங்கிலேயர் 1900இல் வெளியிட்ட நூலில், அவளுக்கு உறவான லாங்சுயர் பற்றி ஒரு குறிப்பு இருக்கிறது. பிரசவத்தில் இறந்தவள் அப்படி ஆகிவிடாமல் இருக்க, பிணத்தின் வாயில் கண்ணாடி மணிகளைப் போடுவார்களாம். இரண்டு அக்குளிலும் ஒவ்வொரு கோழிமுட்டை. உள்ளங்கையில் ஊசிகள். வாய் திறந்து அலறக்கூடாது, கை விரித்துப் பறக்கக்கூடாது. படித்துவிட்டு நான் நெடுநேரம் வேறெதையும் படிக்கவில்லை. செத்தவள் வந்து அடிப்பாள் என்பதைவிட, அவள் அலறிவிடுவாள் என்பதில்தான் அவ்வளவு பயம். அப்படியும் வந்துவிட்டால் அவள் நகத்தையும் நீண்ட கூந்தலையும் வெட்டி, பிடரியில் இருக்கும் துளையில் அடைத்துவிட வேண்டும். பிறகு அவள் சாதுவான மனைவியாகக் குடித்தனம் நடத்துவாள். சாதுவாக்கும் அந்த வழியைப் படிக்கிற பெண்பிள்ளை, கதையில் யாருக்குப் பயப்பட வேண்டும் என்பதைத் தானே கண்டுபிடித்துவிடுவாள்.

மேற்கத்தியக் கதைகளிலும் இதே பாடுதான். கிரிம் சகோதரர்கள் 1812இல் வெளியிட்ட ஸ்னோ ஒயிட் கதையில், மகளைக் கொல்லச் சொல்பவள் பெற்ற தாய். 1819 பதிப்பில் அவள் மாற்றாந்தாய் ஆக்கப்பட்டாள். பெற்றவள் அப்படிச் செய்வாளா என்று வீடுகளில் சங்கடப்பட்டிருப்பார்கள் போலும். சிவப்புத் தொப்பிக்காரியை ஓநாய் விழுங்குவதோடு முடித்துவிட்டார் பிரெஞ்சு எழுத்தாளர் பெரோ, 1697இல். வேடன் வந்து வயிற்றைக் கிழித்துக் காப்பாற்றியது பின்னால் சேர்ந்தது. ஆக, இன்றைக்கு ஒருவர் இதை இருட்டாக எழுதினால், பல சமயம் வெள்ளையடித்ததைச் சுரண்டிப் பழைய சுவரைக் காட்டுகிறார், அவ்வளவுதான்.

ஃபிராங்கன்ஸ்டைன் நாவல் பற்றி ஒரு வார்த்தை. 1815 ஏப்ரலில் நம் பக்கத்து சும்பாவா தீவில் தம்போரா எரிமலை வெடித்தது. அதன் விளைவாக மறு ஆண்டு ஐரோப்பாவில் கோடையே வரவில்லை. ஜெனிவா ஏரிக்கரையில் மழைக்கு ஒதுங்கிய கூட்டத்தில் இருந்த பதினெட்டு வயது மேரி ஷெல்லி எழுதத் தொடங்கியது அந்த நாவல். அதன் நடுப்பகுதியில், விஞ்ஞானி ஒருவன் உயிர் கொடுத்த அந்தக் கோரப் பிறவி தன்னை உண்டாக்கியவனிடம் உட்கார்ந்து தன் கதையைச் சொல்கிறது, நான் சொல்வதைக் கேள் என்று மன்றாடுகிறது. நீலிக்கு அது தங்கை முறை.

தமிழில் இதை உச்சிக்குக் கொண்டுபோனவர் புதுமைப்பித்தன். ‘சாப விமோசனம்’ கதையில் அகலிகை கல்லிலிருந்து பெண்ணாகிவிட்டாள், கௌதமரோடு வாழ்கிறாள். வனவாசம் முடிந்து சீதை பார்க்க வருகிறாள். தன்னைத் தீக்குளிக்கச் சொன்னதைச் சொல்கிறாள். யார் காலடி பட்டுத் தான் பெண்ணானாளோ அந்த ராமனே கேட்டான் என்பது அகலிகையைச் சுடுகிறது. முடிவில் அவள் மறுபடி கல்லாகிறாள். பேய் இல்லை, ரத்தம் இல்லை. தமிழில் இதைவிடப் பயங்கரமான முடிவு எனக்குத் தெரியாது. மாணவர்கள் இதைப் பாடத்துக்காகப் படிக்காமல், ஓர் இரவில் தனியாக உட்கார்ந்து படிக்க வேண்டும்.

எல்லா இருட்டுக் கதையும் நல்ல கதை என்று நான் சொல்லவில்லை. சித்திரவதையை அங்குலம் அங்குலமாக எழுதி, சித்திரவதைப்பட்டவள் யார் என்று சொல்ல மறந்த கதைகள் நிறைய வருகின்றன. சூர்ப்பணகையை நல்லவளாக்கி சீதையைக் கெட்டவளாக்கினால் மறுவாசிப்பு ஆகிவிட்டது என்று நினைப்பவர்களும் உண்டு. அங்கே விசாரணை நடக்கவில்லை, குற்றவாளிக் கூண்டில் ஆளை மாற்றி நிறுத்தினார்கள். இந்த வித்தியாசத்தைப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பேசுங்கள். புத்தகத்தைப் பிடுங்காதீர்கள்.

கடைசியாக, எழுத விரும்பும் மாணவர்களுக்கு. நம் ரப்பர்த் தோட்டங்களில் பேய்க்கதைக்குப் பஞ்சமில்லை. வெயில் ஏறினால் பால் ஓட்டம் குறையும் என்பதால், விடியுமுன்பே நெற்றி விளக்கோடு நிரைக்குள், அதாவது மர வரிசைக்குள், நுழைந்தவர்கள் நம் பாட்டிகள். எந்தப் பக்கம் திரும்பினாலும் ஒரே மாதிரி மரம். அந்த இருட்டுக்குள் முனியும் இருந்தது, வேலை வாங்கும் கங்காணியும் இருந்தார். தொல்காப்பியர் சொன்ன அணங்கும் இறையும்.

1942, 43இல் சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட ஜப்பானியர் நம் தோட்டங்களிலிருந்து ஆட்களைக் கொண்டுபோனார்கள். பல்லாயிரம் தமிழர்கள் காலராவிலும் மலேரியாவிலும் பட்டினியிலும் அங்கேயே செத்தார்கள். தொழிலாளர் குடியிருந்த லயத்துக்குப் பிணம் வரவில்லை. செத்த தேதியும் வரவில்லை; தேதி தெரியாமல் திதி எப்படிக் கொடுப்பது? அப்படிப்பட்ட வீட்டில் நடுராத்திரியில் யாரோ கதவைத் தட்டுவதாக ஒரு கதை பிறந்தால், அதை மூடநம்பிக்கை என்று ஒதுக்க எனக்கு மனம் வராது. இது இன்னும் போதுமான அளவு எழுதப்படவில்லை. நீங்கள்தான் எழுத வேண்டும்.

பாட்டி பேய்க்கதை சொன்னால் பேய் எப்படி இருந்தது என்று மட்டும் கேட்காதீர்கள். எந்தத் தோட்டம், எந்த நிரை, செத்தது யார், எப்படி, அப்போது தோட்டத்துத் துரையும் கணக்கெழுதும் கிராணியும் என்ன சொன்னார்கள் என்று கேளுங்கள். பெயரைச் சொல்லப் பாட்டி தயங்கினால் அவசரப்படுத்த வேண்டாம். சொல்லிவிட்டால், அந்தக் குடும்பத்தார் இன்னும் சுங்கை பட்டாணியிலோ நிபோங் திபாலிலோ இருக்கக்கூடும். அவர்களைத் தேடிப் போய், அவர்கள் சொல்வதையும் கேட்டுவிட்டு எழுதுங்கள்.