கறிக்குப் பெயர் தந்தது மிளகே!

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். 'கறி என்ற சொல்லுக்கு உரிமை இறைச்சிக்கா, மிளகுக்கா?' இதுதான் வழக்கு. எதிரணித் தலைவர் கறிக்கடையைக் காட்டி, "அங்கே தொங்குவது ஆடுதானே?" என்று கேட்டு அமர்ந்தார். இன்றைய பேச்சுவழக்கு அது, மறுக்கவில்லை. உரிமை என்று வந்தால் மூலப்பத்திரத்தைப் பார்க்க வேண்டாமா?

அகநானூறு 149ஆம் பாட்டு. முசிறிக்கு வந்த யவனர் கப்பல் 'பொன்னொடு வந்து கறியொடு பெயரும்' என்கிறார் எருக்காட்டூர்த் தாயங்கண்ணனார். அந்தக் கறி மிளகு, ஐயா! எகிப்தின் பெரனிகே துறைமுக அகழாய்வில் இந்தியச் சாடி ஒன்றில் ஏறக்குறைய 7.5 கிலோ மிளகு அப்படியே கிடைத்திருக்கிறது. இறைச்சியை அன்று ஊன் என்றார்கள், புலவு என்றார்கள்.

1747இல் லண்டனில் வந்த ஹன்னா கிளாஸின் சமையல் நூலில் கறிக்கு ஒரு குறிப்பு உண்டு. 30 மிளகு, வறுத்துப் பொடித்த மல்லி. மிளகாயே கிடையாது. "கோழி இருக்கிறதே" என்பீர்கள். கோழி அல்லது முயல் என்கிறார் அந்த அம்மையார். இறைச்சிக்கு மாற்று சொன்னவர் மிளகுக்குச் சொல்லவில்லை!

இறைச்சியே இல்லாமல் கறி நிற்குமா? வாழைக்காய் மிளகுக் கறியைப் பாருங்கள். இரண்டு காய். நறுக்கியதும் தண்ணீரில் போடாவிட்டால் கறுத்துவிடும். நீர்க்கக் கரைத்த புளியில் மஞ்சள், உப்பு சேர்த்து முக்கால் பதம் வேகவிட்டு வடிக்க வேண்டும். புளிப்பு இருப்பதால்தான் துண்டு குழையாமல் நிற்கிறது. வெறும் நீரில் வெந்தால் களியாகும். ஒரு தேக்கரண்டி துவரம்பருப்பைச் சிவக்க வறுத்து, அதோடு இரண்டு தேக்கரண்டி மல்லி, ஒன்றரைத் தேக்கரண்டி மிளகு. மிளகு வெடிக்கத் தொடங்கியதும் இறக்குங்கள், கருகினால் கசப்புத்தான். கரகரவென்று பொடித்து, காயைத் தாளித்து வதக்கியபின் கடைசியில் தூவ வேண்டும். முன்னாலேயே போட்டால் உறைப்பு மட்டும் மிஞ்சும், மணம் ஆவியோடு போய்விடும். இதில் மிளகை எடுத்துவிட்டால் மிஞ்சுவது வெந்த வாழைக்காய்தான், கறி இல்லை.

"இப்போது எல்லாக் கறியிலும் மிளகாய்தானே?" என்று அடுத்துக் கேட்பார்கள். போர்த்துக்கீசியர் வழியாக வந்த அந்தக் காய்க்கும் நம் முன்னோர் மிளகின் பெயரைத்தானே வைத்தார்கள்! யாழ்ப்பாணத்தில் கத்தரிக்காய்க் கறி, பருப்புக் கறி. அக்கிரகாரத்தில் உருளைக்கிழங்குக் கறி. கறிக்கு இறைச்சிதான் பொருள் என்றால், இந்தச் சட்டிகளில் இறைச்சி எங்கே இருக்கிறது என்பதை எதிரணியின் அடுத்த பேச்சாளர் இந்த மேடையிலேயே சொல்லட்டும்.