சம்பந்தியம்மா பார்த்தாங்களா?

நடுவர் அவர்களே, ரெண்டு அணியிலயும் இருக்குற பெரியவங்களே, வணக்கம். நேரம் கம்மி, விஷயத்துக்கு வர்றேன்.

எதிரணிச் சகோதரர் கைதட்டல் வாங்கிட்டுப் போனார். "சமூக ஊடகம் தன்னம்பிக்கையைக் கெடுக்குதுன்னு பேச வந்த அம்மா, மேடைக்குப் பின்னாடி செல்ஃபியா எடுத்துத் தள்ளினாங்க"ன்னு. ஆமாங்க, எடுத்தேன். ஒண்ணாவது போட்டேனா? கன்னம் உப்பலா இருக்கு, அழி. கழுத்து கறுப்பா இருக்கு, அழி. வீட்டுக் கண்ணாடியில நல்லாத்தான் இருந்தேன் ஐயா! அந்த மூஞ்சி எனக்கே பிடிக்காமப் போச்சே, அதுதான் எங்க கட்சி! எங்களுக்கு நீங்களே சாட்சி சொல்லிட்டீங்க. ஒரே ஒரு படம் நல்லா வந்துச்சு. பின்னாடி நீங்க நின்னீங்க, அதையும் அழிச்சிட்டேன்.

எங்க அத்தை கதைக்கு வாங்க. பொங்கலன்னைக்குப் புதுப்புடவை கட்டி, பானை பக்கத்துல நின்னு வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ் போட்டாங்க. பொங்கல் அடிபிடிக்குது, அத்தை கண்ணு போன்ல. கீரைக்காரம்மா பார்த்தாச்சு. சிலிண்டர் போடுற தம்பி பார்த்தாச்சு. சம்பந்தியம்மா மட்டும் பார்க்கல! மத்தியானம் சோறு இறங்கல. "புடவை நல்லாயில்லையோ? குண்டாத் தெரியறேனோ?" ராத்திரி மறுபடி பார்த்தாங்க. சம்பந்தியம்மா இல்ல. 24 மணி நேரத்துல ஸ்டேட்டஸ் மறைஞ்சிடுமே! போனே போட்டுட்டாங்க: "சம்பந்தி, உங்க வீட்ல நெட் வருதா?" அந்தம்மா, "காலையிலயே பார்த்தேனே, புடவை பிரமாதம்"ங்குறாங்க. விஷயம் என்னன்னா, அவங்க நீல டிக்கை ஆஃப் பண்ணி வச்சிருக்காங்க, அவங்க பார்த்தது இங்க காட்டாது! நடக்காத அவமானத்துக்கு நாள் பூரா பட்டினி!

பேரன் எடுத்த அத்தைக்கே இந்தக் கதின்னா, 15 வயசுப் புள்ளைக்கு? 2021-ல, இன்ஸ்டாகிராமையும் கையில வச்சிருக்குற ஃபேஸ்புக் கம்பெனியோட உள் ஆய்வே வெளிய வந்துச்சு. உடம்பைப் பத்தி ஏற்கெனவே நொந்துபோன டீன் ஏஜ் பொண்ணுங்கள்ல 32 சதவீதம் பேர், இன்ஸ்டாகிராம் அதை இன்னும் மோசமாக்குதுன்னு சொல்லியிருக்காங்க. நாங்க சொல்லலைங்க, அவங்க வீட்டுக் கணக்கு.

எங்க தெருவுல பத்தாவது படிக்குற பொண்ணு ஒண்ணு இருக்கு. எந்தப் படம் போட்டாலும் ஃபில்டர்ல மூக்கைச் சின்னதாக்கிடும். அவங்கம்மா ஒரு நாள் போனை எங்கிட்ட நீட்டினாங்க. "அவ அப்பா போனப்புறம் அவர் சாயல்னு இவகிட்ட மிச்சம் இருந்தது இந்த மூக்கு ஒண்ணுதான்க்கா. அதையும் அழிச்சிட்டா."

மணி அடிச்சிட்டீங்க நடுவர் அவர்களே. எழுதிட்டு வந்த பாயிண்ட் எல்லாம் அப்படியே கிடக்கு, கிடக்கட்டும். எதிரணியில யாராவது எந்திரிச்சு, அந்தம்மாவுக்கு ஒரு பதில் சொல்லிட்டு உங்க வாதத்தை ஆரம்பிங்க. வணக்கம்.