கொடி பறந்த கடைகளைத் தேடி

நேயர்களுக்கு வணக்கம்.

மதுரையில் நானும் சில நண்பர்களும் சேர்ந்து ஒரு நடை நடத்துகிறோம். ஞாயிற்றுக்கிழமை மாலை, வெயில் தாழ்ந்த பிறகு விளக்குத்தூணில் கூடுவோம். மாசி வீதிகளைச் சுற்றிவிட்டு ரயில் நிலையம் பக்கம் போய் முடிப்போம். இந்த ஊர் என்ன குடித்தது, எங்கே உட்கார்ந்து குடித்தது, அந்த இடங்களெல்லாம் என்ன ஆயின என்பதுதான் நடையின் விஷயம். சொன்னதுமே போனில் முதல் கேள்வி வந்துவிடும்: "சார், ஊத்திக் கொடுப்பீங்களா?" கொடுக்க மாட்டோம். தண்ணீர் பாட்டிலைக்கூட அவரவர்தான் கொண்டுவர வேண்டும். அங்கேயே பாதிப் பேர் கழன்றுகொள்வார்கள். மிச்சம் வருகிறவர்கள் நல்ல ஆட்கள்.

ஐரோப்பாவில் இந்த மாதிரி நடைகள் ரொம்பப் பிரபலம். பிராக் நகரத்தில் 1499 முதல் பீர் காய்ச்சும் ஊ பிளெக்கூ என்ற கடைக்குள் கூட்டிப்போவார்கள். மூனிக்கில், 1589-இல் பவேரியக் கோமகன் தொடங்கிய ஹோஃப்பிரோய்ஹவுஸில் உட்காரவைப்பார்கள். அங்கே வழிகாட்டியின் வேலை சுலபம், கதவைத் திறந்தால் போதும், வரலாறு மேசை போட்டு உட்கார்ந்திருக்கும். மதுரைக்கு அவற்றைவிட வயது அதிகம். ஆனால் திறந்து காட்ட இங்கே ஒரு கதவுகூடக் கிடையாது. ஏன் இல்லாமல் போனது என்பதைத்தான் நாங்கள் நடந்து பார்க்கிறோம்.

விளக்குத்தூணில் நிற்கும்போது முதலில் கொடிகளைப் பற்றிச் சொல்வேன். மாங்குடி மருதனார் மதுரைக்காஞ்சியில் ஊரின் கடைவீதியை வருணிக்கும்போது அங்கே பறந்த கொடிகளை வரிசையாகச் சொல்கிறார். திருவிழாவுக்கு ஏற்றிய கொடி, கோட்டைகளைப் பிடித்ததற்கு ஏற்றிய கொடி, போரில் வென்றதற்கு ஏற்றிய கொடி. அந்த வரிசையிலேயே, கொஞ்சமும் கூச்சமில்லாமல், 'கள்ளின் களிநவில் கொடி'யும் வருகிறது. கள் விற்கும் கடைக்குக் கொடி! பட்டினப்பாலையும் பூம்புகாரில் மது விற்ற கடையின் கொடியைக் காட்டுகிறது. பாண்டியன் வெற்றிக்கும் கள்ளுக்கடைக்கும் ஒரே ஆகாயம். அந்தக் கடைவீதி நாம் நிற்கிற இதே இடம்தான் என்று நான் சொல்வதில்லை. பகலில் நாளங்காடி, இரவில் அல்லங்காடி என்று தூங்காமல் கிடந்த ஊரில், குடிக்கிற இடமும் எல்லாரும் பார்க்கிற மாதிரி இருந்தது. அதுதான் கவனிக்க வேண்டியது.

அடுத்து பீர். இதைக் கேட்டதும் இளவட்டங்கள் முன்னால் வந்து நிற்பார்கள். பீர் என்றால் வெள்ளைக்காரன் கொண்டுவந்தது என்றுதான் பொதுவாக நினைப்பு. பார்லி பீர் அப்படித்தான் வந்தது, சரி. ஆனால் தானியத்திலிருந்து மது வடிக்கும் கைப்பழக்கம் இங்கே முன்பே இருந்தது. பெரும்பாணாற்றுப்படையில் கடியலூர் உருத்திரங்கண்ணனார் கிட்டத்தட்ட ஒரு செய்முறையே எழுதிவைத்திருக்கிறார். பாட்டு தொண்டை நாட்டைப் பற்றியது, மதுரையைப் பற்றியது அல்ல. இருந்தாலும் இதை விட்டுவிட்டு மேலே போக எனக்கு மனசு வராது.

குற்றாத அரிசியைக் களியாகத் துழாவிக் காய்ச்ச வேண்டும். வாய் அகன்ற தட்டுப்பிழாவில் கொட்டி ஆறவிட வேண்டும். அப்புறம் 'நல்லடை' ஒன்றைச் சேர்த்துப் பிசைய வேண்டும். பார்வைக்கு அது கறையான் புற்றுக்குள் இருக்கும் புற்றாஞ்சோறு போலப் பொரபொரவென்று இருக்கும் என்கிறார் புலவர். நெல்முளையை இடித்தது என்று உரைகாரர்கள் விளக்குகிறார்கள். இரண்டு பகல், இரண்டு இரவு கெட்டியான வாயுள்ள சாடியில் விளையவிட்டு, விரலால் அலைத்துப் பிழிந்தால் 'நறும்பிழி'. அதைச் சுட்ட மீனோடு சாப்பிட்டுவிட்டுப் போங்கள் என்று பாணர்களுக்கு வழி சொல்கிறது பாட்டு. தொட்டுக்கொள்ள என்ன என்பது வரை அன்றைக்கே தீர்மானமாகிவிட்டது.

இதில் முளைதான் சூட்சுமம். அரிசியில் இருப்பது மாவுச்சத்து. நொதிப்பூஞ்சை, அதாவது ஈஸ்ட், அதை அப்படியே தின்னாது, அதற்குச் சர்க்கரை வேண்டும். தானியம் முளைவிடும்போது அதற்குள் சுரக்கும் நொதிகள் மாவுச்சத்தை உடைத்துச் சர்க்கரையாக்கும். பூஞ்சை அந்தச் சர்க்கரையைத் தின்று சாராயச் சத்தையும் கரியமில வாயுவையும் வெளிவிடும். பீர் ஆலைகளில் பார்லியை ஊறவைத்து, முளைகட்டி, உலர்த்தி மால்ட் ஆக்குவது இதற்குத்தான். 1516-இல் பவேரியாவில் ஒரு சட்டம் போட்டார்கள். பீரில் பார்லி, ஹாப்ஸ் என்ற கசப்புப் பூ, தண்ணீர் தவிர வேறு எதுவும் சேர்க்கக் கூடாது என்பது அது. பட்டியலில் நொதிப்பூஞ்சை இல்லை, ஏனென்றால் அப்படி ஒன்று இருப்பதே அன்று தெரியாது. நம் புலவர் பாடலிலும் அதன் பேர் கிடையாது. பேர் தெரியாமலேயே இரண்டு இடத்திலும் அது வேலை பார்த்திருக்கிறது.

"அப்போ நம்மாளுங்க குடிச்சது பீர்தானே சார்?" என்று ஒரு கல்லூரிப் பையன் கேட்டான். ஹாப்ஸ் பூவின் கசப்பு கிடையாது, பார்லி கிடையாது, வேலை நடந்த விதம் அதேதான் தம்பி என்றேன். ஜப்பான்காரர்களின் அரிசி மதுவை உலகமே கொண்டாடுகிறது. நம் தோப்பியை, அதாவது அரிசிக் கள்ளை, புலவர் குழுக்கள் மட்டும்தான் ஞாபகம் வைத்திருக்கின்றன.

யவனர் மதுவைச் சுருக்கமாகச் சொல்லி நகர்ந்துவிடுவேன். புறநானூற்றின் 56-ஆம் பாட்டில் நக்கீரர் பாண்டியன் நன்மாறனை வாழ்த்துகிறார்: யவனர் நல்ல கலங்களில் கொண்டுவந்த குளிர்ந்த மணமுள்ள தேறலைப் பொற்கிண்ணத்தில் பெண்கள் ஊட்ட, மகிழ்ந்து வாழ்க என்று. வைகை கடலில் சேரும் அழகன்குளத்தில் ரோமானிய மது ஜாடிகளின் உடைந்த ஓடுகள் கிடைத்திருக்கின்றன. அது அரண்மனைச் சரக்கு, கடைவீதிக்கு வந்திருக்காது.

கம்பெனி காலத்துக்கு வந்தால் நாம் நிற்கிற விளக்குத்தூணே ஒரு சாட்சி. கலெக்டர் பிளாக்பர்னின் நினைவாக வைத்தது இது. 1840-கள் வாக்கில் அவர்தான் பழைய கோட்டைச் சுவரை இடித்து, அகழியைத் தூர்த்து, ஊரை வெளியே விரியவிட்டார். வெளி வீதிகள் அப்படி வந்தவைதான். வேலையைப் பார்த்தவர்களின் பேர்தான் இன்றைக்கும் பெருமாள் மேஸ்திரி வீதியிலும் மாரட் வீதியிலும் இருக்கிறது. அந்தத் துரைமார்களுக்கான பீர் லண்டனிலிருந்து கப்பலில், ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு மாதக்கணக்கில் வந்தது. வழியில் புளிக்காமல் இருக்க ஹாப்ஸைத் தாராளமாகப் போட்டுக் காய்ச்சினார்கள். கிழக்கு லண்டனில் ஹாட்ஜ்சன் என்பவரின் ஆலை இந்தச் சரக்கில் பேர் வாங்கியது. இந்தியா பேல் ஏல் என்று இன்றைக்கு உலகம் முழுக்க விற்கும் பீருக்கு வேர் அந்தக் கப்பல் பயணம்தான்.

இங்கேயே காய்ச்சியிருக்கலாமே என்று கேட்பார்கள். மதுரை வெயிலில் எப்படி? குளிர்பதனம் இல்லாத காலத்தில் பீர் சீராக நொதிக்க மலைக் குளிர் தேவைப்பட்டது. 1850-களில் எட்வர்ட் டயர் பீர் ஆலை வைக்க இமயமலைச் சாரலில் கசௌலிக்கு ஏறியதும், தெற்கே நீலகிரியில் ஆலைகள் வந்ததும் அதனால்தான். அப்படிச் சிதறிக்கிடந்த தென்னிந்திய ஆலைகள் சிலவற்றை 1915-இல் தாமஸ் லைஷ்மன் ஒன்றாகச் சேர்த்ததுதான் யுனைடெட் புரூவரிஸ். மதுரைக்கு 1875-இல் ரயில் வந்த பிறகும் பீர் துரைமார் சரக்காகவே இருந்தது. ஊர் குடித்தது கள்.

கள்ளைப் பற்றிச் சொல்ல எனக்கு நடையில் நேரம் போதுவதே இல்லை. பனையில் பாளையைக் கட்டி, நுனியைச் சீவி, கலயத்தை மாட்டிவிட்டு வருவார்கள். கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவியிருந்தால் இறங்குவது பதநீர். தடவாவிட்டால் கள். மரம் அதே மரம், ஏறுகிறவர் அதே ஆள். ஒரு விரல் சுண்ணாம்பு நொதிப்பதைத் தடுத்துவிடும், அவ்வளவுதான். நடையில் ஒரு பழைய கலயத்தைக் கையோடு கொண்டுவந்து சுற்றிலும் கொடுப்போம். உள்ளே விரலைவிட்டுப் பார்த்தால் வெள்ளையாக ஒட்டும். அந்த வெள்ளைதான் ஒரு காலத்தில் சட்டத்துக்கு உட்பட்டவனையும் குற்றவாளியையும் பிரித்தது.

வெள்ளைக்கார அரசாங்கம் கள்ளை வெறுக்கவில்லை, எண்ணியது. 1886-இன் சென்னை ஆப்காரி (கலால்) சட்டத்தின் கீழ் கள் இறக்கும் மரத்துக்கு வரி, மரத்தில் எண். கடைகளை ஏலம் விட்டார்கள். ஏலம் எடுத்த குத்தகைதாரர் போட்ட பணத்தை எடுக்க வேண்டுமே, அதனால் எவ்வளவு ஊற்ற முடியுமோ அவ்வளவு ஊற்றினார். கருவாடும் சுண்டலும் தொட்டுக்கொண்டு சாயங்காலம் ஊர்ப்பேச்சு பேசும் இடமாக இருந்த கடை, கஜானாவின் வாசல் ஆனது. என்னைக் கேட்டால் மதுக்கடை கெட்டுப்போன இடம் அந்த ஏலக்கூடம்தான்.

மேலமாசி வீதியில் நாங்கள் அதிக நேரம் நிற்கும் வீடு ஒன்று உண்டு. 1921 செப்டம்பர் 22-ஆம் தேதி காந்தி அரையாடைக்கு மாறிய வீடு. கீழே இப்போது கதர்க்கடை. துணியைப் பற்றித்தான் எல்லாரும் பேசுவார்கள். ஆனால் அதே ஆண்டில்தான் கள்ளுக்கடை மறியலும் தமிழ்நாட்டில் சூடு பிடித்தது. ஈரோட்டில் பெரியாரின் மனைவி நாகம்மையாரும் தங்கை கண்ணம்மாளும் மறியலுக்கு முன்னால் நின்றார்கள். பெரியார் தமக்குச் சொந்தமான தென்னை மரங்களையே வெட்டிச் சாய்த்தார்.

இந்த இடத்தில் வந்தவர்களிடம் சட்டைப்பையில் ஏதாவது கடை பில் இருந்தால் எடுக்கச் சொல்வேன். ஓட்டல் பில், மளிகைக்கடை பில், எதுவானாலும். அடியில் வரி என்று ஒரு வரி இருக்கும். 1937 அக்டோபர் 1-இல் ராஜாஜி சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தார். போன வருமானத்தை ஈடுகட்ட 1939-இல் பொது விற்பனை வரிச் சட்டம் வந்தது. இந்தியாவில் பொது விற்பனை வரி போட்ட முதல் மாகாணம் நம்முடையதுதான். குடிக்காதவரும் பல்பொடி வாங்கும்போது அந்தக் கணக்கைக் கட்ட ஆரம்பித்தார். பில்லைத் திரும்பத் திரும்பப் பார்ப்பார்கள். நடையில் எனக்குப் பிடித்த நிமிஷம் அது.

அதன் பிறகு நடந்தது பலருக்கும் தெரியும். 1948-இல் மாகாணம் முழுக்க மதுவிலக்கு, 1971-இல் தளர்வு, 1974-க்குள் கள்ளும் சாராயமும் மறுபடி மூடல், 1981-இல் திறப்பு, 1983-இல் டாஸ்மாக், 1987-இல் கள்ளுக்கும் சாராயத்துக்கும் மறுபடி பூட்டு, 2003-இல் சில்லறை விற்பனையும் அரசு கைக்கு. இத்தனை தடவை திறந்து மூடினால் எந்தக் கடைதான் நூறு வருஷம் நிற்கும்? பிராகில் பீர்க்கடை நின்றது என்றால், அங்கே அதைக் கடையாக இருக்க விட்டார்கள். இங்கே கொள்கை மாறும்போதெல்லாம் கடையும் மாறியது. கடைசியில் மிஞ்சியது ஒரு கம்பி வலை. ஓட்டை வழியாகப் பணம் உள்ளே போகும், பாட்டில் வெளியே வரும். வாங்குகிறவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு இடுப்பில் செருகுவார்.

இதைச் சொல்லிக்கொண்டிருந்த ஒரு மாலையில், கூட வந்திருந்த நடுத்தர வயது அம்மா ஒருவர் என்னை நிறுத்தினார். "கொடி பறந்துச்சு, கொடி பறந்துச்சுன்னு சொல்றீங்களே தம்பி, அந்தக் கடைக்குப் போனவன் வீட்டுல அன்னைக்கு அடுப்பு எரிஞ்சுதான்னு உங்க புலவர் யாராச்சும் எழுதிவச்சிருக்காங்களா?" என்றார். கூட்டம் அப்படியே நின்றது. வள்ளுவர் கள்ளுண்ணாமையில் கொஞ்சம் எழுதியிருக்கிறார் அம்மா என்று, 'ஈன்றாள் முகத்தேயும் இன்னாதால்' என்ற குறளைச் சொன்னேன். பெற்ற தாய்க்கே பார்க்கப் பொறுக்காது என்கிறார். "தாயைச் சொன்னாரு, சரி. பொண்டாட்டி?" என்று கேட்டுவிட்டு அவர் நடக்க ஆரம்பித்துவிட்டார். இப்போதெல்லாம் கம்பி வலைக்கு எதிரே நிற்கும்போது நான் அந்தக் குறளையும் சொல்கிறேன், அந்த அம்மாவின் கேள்வியையும் சொல்கிறேன்.

நடை முடிந்ததும் பெரும்பாலும் ஜிகர்தண்டாவுக்கோ பருத்திப் பாலுக்கோ கூட்டம் பிரிந்துவிடும். பதநீர்ப் பருவமாக இருந்தால், பனையோலைப் பட்டையில் வாங்கிக் குடிக்க ஊருக்கு வெளியே போகலாம். உட்கார்ந்து குடிக்கிற பழைய மாதிரிக் கடையைக் கண்ணால் பார்க்க வேண்டும் என்று சிலர் பிடிவாதம் பிடிப்பார்கள். அதற்குக் குமுளி தாண்ட வேண்டும். கேரளத்தில் கள்ளுக்கடை சட்டப்படி நடக்கிறது. பெஞ்சு போட்டு, மரவள்ளிக் கிழங்கும் மீன்கறியும் வைத்து, குடும்பத்தோடு சாப்பிட வருகிற கடைகளும் இருக்கின்றன. அங்கே நான் வழிகாட்டியாக வருவதில்லை. ஆரப்பாளையத்தில் பஸ் இருக்கிறது, தேனி வழி. ஜன்னல் சீட் வேண்டுமென்றால் கொஞ்சம் சீக்கிரம் போய்விடுங்கள். வணக்கம்.