ஒதுக்கிய சுரங்கள்

நண்பர்களே, அமெரிக்க இசையமைப்பாளரும் இசைக்குழு நடத்துநருமான லெனார்ட் பெர்ன்ஸ்டைனைப் பற்றிப் பேசுபவர்கள் வழக்கமாக 1943 நவம்பர் 14-இல் தொடங்குவார்கள். அன்று கச்சேரியை நடத்த வேண்டிய புரூனோ வால்டருக்கு உடம்பு சரியில்லை. 25 வயது உதவி நடத்துநரான பெர்ன்ஸ்டைன் ஒத்திகைகூட இல்லாமல் நியூயார்க் பில்ஹார்மோனிக் இசைக்குழுவை நடத்தினார். வானொலியில் நாடே கேட்டது.

நல்ல கதைதான். ஆனால் எனக்குப் பிடித்தது, சரியாக 11 ஆண்டு கழித்து வந்த இன்னொரு நவம்பர் 14. அன்று 'ஆம்னிபஸ்' தொலைக்காட்சி நிகழ்ச்சிக்காக, பீத்தோவனின் ஐந்தாம் சிம்பொனியின் இசைக்குறிப்பில் முதல் பக்கத்தை ஸ்டுடியோ தரை முழுக்க வரைந்து வைத்திருந்தார்கள். வாத்தியக்காரர்கள் அவரவர் வரியில் நின்றார்கள். எல்லாருக்கும் தெரிந்த அந்தத் தொடக்கத்தில் வேலை இல்லாதவர்களை பெர்ன்ஸ்டைன் விலகச் சொன்னார். மிஞ்சியவை தந்தி வாத்தியங்களும் கிளாரினெட்டும் மட்டும். புல்லாங்குழலையும் முதலில் எழுதிவிட்டு பீத்தோவன் அடித்திருக்கிறார் என்று காட்டினார். அப்புறம், பீத்தோவன் எழுதிப் பார்த்து ஒதுக்கிய துண்டுகளை எடுத்து, அவற்றைச் சேர்த்திருந்தால் இசை எப்படிப் போயிருக்கும் என்று வாசிக்க வைத்தார். கேட்கும்போதே தெரியும், அவை ஏன் வெளியே போயின என்று. தானே எழுதி, தானே அடித்து, மறுபடி எழுதிய ஒருவருக்குத்தான் இப்படிச் சொல்லித்தர வரும்.

1957 செப்டம்பரில் அவர் இசையமைத்த 'வெஸ்ட் சைட் ஸ்டோரி' இசை நாடகம் நியூயார்க்கின் பிராட்வேயில் அரங்கேறியது. நான்கு மாதத்துக்குள், 1958 ஜனவரியில், கார்னகி ஹாலில் குழந்தைகள் முன் நின்றார். சி.பி.எஸ். தொலைக்காட்சி ஒளிபரப்பியது. 1972 வரை 53 நிகழ்ச்சிகள். முதல் நிகழ்ச்சியிலேயே ரிச்சர்ட் ஸ்ட்ராஸ் என்ற இசையமைப்பாளரின் இசையை வைத்துக்கொண்டு சூப்பர்மேன் கதை ஒன்று சொன்னார். அப்படியே பொருந்தியது! பிறகுதான், ஸ்ட்ராஸ் மனத்தில் இருந்தது டான் கிஹோத்தே என்ற வேறு கதை என்றார். அதுவும் பொருந்தியது. கதை எதுவானாலும் சுரங்கள் மாறவில்லையே, அப்படியென்றால் இசையின் பொருள் எங்கே இருக்கிறது? இந்தக் கேள்வியைச் சின்னப் பிள்ளைகளிடம் கேட்கலாம் என்று நம்பினாரே, அந்த நம்பிக்கையை நான் வணங்குகிறேன்.

தொலைக்காட்சியும் நடத்துநர் வேலையும் அவருக்குள் இருந்த இசையமைப்பாளரைத் தின்றுவிட்டன என்று சொல்பவர்கள் உண்டு. நேரத்தைத் தின்றது உண்மை. அதற்காகத்தான் 1964-65-இல் பில்ஹார்மோனிக்கிலிருந்து விடுப்பு எடுத்தார். எழுதத் தொடங்கிய இசை நாடகம் பாதியில் நின்றுபோனது. அந்த வேளையில், இங்கிலாந்தின் சிசெஸ்டர் தேவாலயத்துக்காக பைபிளின் சங்கீதப் பாடல்களுக்கு இசை கேட்டிருந்தார்கள். கைவிட்ட நாடகத்தின் மெட்டுகளை அதற்கு எடுத்துக்கொண்டார். இரண்டாம் பகுதியில் ஒரு சிறுவனின் குரல் தனியே அமைதியாகப் பாடிக்கொண்டிருக்கும். திடீரென்று ஆண்குரல்கள் சீறிக்கொண்டு குறுக்கே பாயும். அந்தச் சீற்றம், 'வெஸ்ட் சைட் ஸ்டோரி'க்காக எழுதி அவரே ஒதுக்கி வைத்திருந்த இசை.