பெட்டி பெட்டியாக சிடி: ஜப்பானியப் பாட்டுத் தொழில் இன்று

நேயர்களுக்கு வணக்கம். ஜப்பானில் பாட்டுத் தொழில் இப்போது எந்த நிலையில் இருக்கிறது என்று பேசச் சொல்லி அழைத்திருக்கிறார்கள். நான் பாடகனோ இசையமைப்பாளனோ இல்லை. 2009 முதல் 2016 வரை டோக்கியோவுக்குப் பக்கத்திலுள்ள கவாசாகி நகரில் வேலை பார்த்தேன், ஞாயிற்றுக்கிழமைகளில் பாதி நாள் டோக்கியோவின் ஷிபுயா பகுதியிலுள்ள சிடி கடைகளில் நின்றேன், அந்த ஏழு வருடத்தில் பார்த்ததும் அதற்குப் பிறகு விடாமல் கவனித்து வருவதும்தான் இந்தப் பேச்சு.

ஒரு திங்கட்கிழமை காலையில் அலுவலகத்தில் தேநீர் போடும் இடத்துக்குப் போனால், அங்கே ஒரு அட்டைப்பெட்டி நிறைய சிடி. எல்லாம் ஒரே சிடி. ஒரே பாட்டு, ஒரே உறை, முப்பது நாற்பது இருக்கும். மேலே ஒரு காகிதத்தில் 'வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம்' என்று எழுதியிருந்தது. வைத்தவர் என் பக்கத்து மேசைக்காரர், ஐம்பதை நெருங்கிய, அமைதியான மனிதர். ஏகேபி48 என்ற பெண்கள் குழுவின் ரசிகர். அந்தக் குழுவில் யார் முன்வரிசையில் நிற்பது என்பதற்கு 2009 முதல் 2018 வரை வருடா வருடம் தேர்தல் நடந்தது, நிஜமாகவே 'பொதுத்தேர்தல்' என்றுதான் அதற்குப் பெயர். வாக்குச் சீட்டு எங்கே கிடைக்கும் என்றால் சிடிக்குள். ஒரு சிடி வாங்கினால் ஒரு வாக்கு. நாற்பது வாக்குப் போட வேண்டுமென்றால் நாற்பது சிடி. தேர்தல் இல்லாத மாதங்களில் சிடிக்குள் கைகுலுக்கல் சீட்டு இருக்கும். வரிசையில் நின்றால் பிடித்த பெண்ணின் கையைச் சில விநாடி பிடித்து இரண்டு வார்த்தை பேசலாம். அவர் எங்களிடம் கொடுத்த சிடியை எத்தனை பேர் போட்டுக் கேட்டார்கள் என்று தெரியவில்லை. நான் கேட்டேன், பாட்டு நன்றாகத்தான் இருந்தது.

ஜப்பானியப் பாட்டுத் தொழிலைப் பற்றி யார் கேட்டாலும் எனக்கு அந்தப் பெட்டிதான் ஞாபகம் வரும். உலகத்தில் அமெரிக்காவுக்கு அடுத்த பெரிய பாட்டுச் சந்தை ஜப்பான். மற்ற நாடுகளில் சிடி செத்துப் பல வருடம் ஆன பிறகும் அங்கே பதிவிசை வருமானத்தில் பெரும்பங்கு கையில் எடுத்துப் பார்க்கக்கூடிய தட்டிலிருந்துதான் வருகிறது. 2023 கணக்கையே எடுத்துக்கொள்ளுங்கள், தட்டுகளும் காணொளி வட்டுகளும் சேர்ந்து ஏறக்குறைய 22,000 கோடி யென், இணைய வழி வருமானம் அதில் பாதியைக் கொஞ்சம் தாண்டியது, அவ்வளவுதான். இதைப் படித்துவிட்டு வெளிநாட்டுப் பத்திரிகைக்காரர்கள், ஜப்பானியருக்குப் பொருளைத் தொட்டுப் பார்க்கப் பிடிக்கும், அது அவர்கள் பண்பாடு என்று எழுதிவிடுவார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. பண்பாடும் ஒரு ஓரத்தில் இருக்கலாம், ஆனால் இதை உண்டாக்கியது சட்டமும் கணக்கும்.

சட்டம் என்னவென்று சொல்கிறேன், இதுதான் முக்கியமான இடம். அங்கே 'சைஹான்' என்று ஒரு ஏற்பாடு உண்டு. ஏகபோகத் தடைச் சட்டத்தில் 1953-இல் செய்த திருத்தத்திலிருந்து வருகிறது. சாதாரணமாக ஒரு பொருளைத் தயாரிப்பவர், கடைக்காரர் இன்ன விலைக்குத்தான் விற்க வேண்டும் என்று கட்டாயப்படுத்தக் கூடாது. புத்தகம், செய்தித்தாள், பத்திரிகை, இசைத்தட்டு இவற்றுக்கு மட்டும் விதிவிலக்கு. கம்பெனி அட்டையில் என்ன விலை போடுகிறதோ அதுதான் விலை, டோக்கியோவின் பெரிய கடையிலும் ஹொக்கைடோவின் ஏதோ ஒரு சின்ன ஊர்க் கடையிலும். குறிப்பிட்ட காலம் முடியும் வரை தள்ளுபடி கிடையாது. அதனால் ஒரு ஆல்பம் 3,000 யென்னையொட்டியே பல பத்தாண்டு நின்றது. 2001-இல் இதை எடுத்துவிடலாமா என்று அரசு ஆலோசித்துவிட்டு, இருக்கட்டும் என்று விட்டது. இன்னொரு வேடிக்கையும் நடந்தது. வெளிநாட்டிலிருந்து இறக்குமதியாகும் சிடிக்கு இந்த விதி பொருந்தாது, எனவே ஒரு ஆங்கிலக் குழுவின் ஆல்பத்தை ஜப்பானில் அச்சிட்டதைவிட அமெரிக்காவில் அச்சிட்டதை மலிவாக வாங்கலாம். ஜப்பானியப் பதிப்பை யார் வாங்குவார்கள்? அதற்காகத்தான் ஜப்பானியப் பதிப்பில் மட்டும் கூடுதலாக ஒன்றிரண்டு பாட்டுச் சேர்த்தார்கள், பாடல் வரிகளும் மொழிபெயர்ப்பும் அச்சிட்டு வைத்தார்கள். உலகமெங்கும் சேகரிப்பாளர்கள் ஜப்பானியப் பதிப்பைத் தேடி அலைவதற்குக் காரணம் இந்த விலை விதிதான்.

இந்த விதியை நான் முழுக்கக் குறை சொல்ல மாட்டேன். டவர் ரெக்கார்ட்ஸ் என்ற சிடி கடைத் தொடர் அமெரிக்கக் கம்பெனியாகப் பிறந்தது, அமெரிக்காவில் 2006-இல் திவாலாகிக் கதவை மூடியது. ஜப்பானில் அதற்கு முன்பே தனியாகப் பிரிந்துவிட்ட கிளை இன்றும் ஓடுகிறது. ஷிபுயாவில் மாடி மாடியாக நிற்கும் அந்தக் கடைக்குள் போனால், சிடிகளுக்கு நடுவே கடைப் பையன்களும் பெண்களும் கையால் எழுதி ஒட்டிய சின்னச் சின்ன அட்டைகள் இருக்கும். இந்த ஆல்பத்தின் மூன்றாவது பாட்டை மழை நாளில் கேளுங்கள் என்கிற மாதிரி. எனக்குத் தெரிந்த ஜப்பானியப் பாட்டில் பாதி அந்த அட்டைகள் வழியாக வந்ததுதான். விலைப் போட்டி இருந்திருந்தால் அந்த அட்டையை எழுதியவர்களுக்குச் சம்பளம் கொடுத்திருக்க முடியாது.

ஆனால் 3,000 யென் பள்ளிப் பிள்ளைக்குப் பெரிய காசு. அதற்கு அவர்கள் கண்டுபிடித்த வழி வாடகை. 1980-இல் டோக்கியோவின் மிதாகாவில் முதல் வாடகை இசைத்தட்டுக் கடை வந்தது, அப்புறம் நாடு முழுக்கப் பரவியது. கம்பெனிகள் கூச்சல் போட்டன, 1984-இல் சட்டத்தைத் திருத்தி வாடகை உரிமை என்று ஒன்றைக் கொண்டுவந்து ராயல்டிக்கு வழி செய்தார்கள். நான் போன காலத்திலும் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் அப்படி ஒரு கடை இருந்தது. வெள்ளிக்கிழமை ஐந்து சிடி எடுத்து வந்து, ஞாயிறு இரவுக்குள் கணினியில் ஏற்றிவிட்டு, திங்கள் காலை ரயில் பிடிக்கப் போகும் வழியில் திருப்பிப் போட்டுவிடுவேன்.

சரி, உச்சத்துக்கு வருவோம். 1998-இல் ஜப்பானில் இசைத்தட்டு, நாடா உற்பத்தி மதிப்பு 60,000 கோடி யென்னைத் தாண்டியது. அடுத்த வருடம் மார்ச்சில் உதாதா ஹிகாரு என்ற 16 வயதுப் பெண்ணின் முதல் ஜப்பானிய ஆல்பம் வந்து 70 லட்சத்துக்கும் மேல் விற்றது, இன்றுவரை அதை எவரும் எட்டவில்லை. அங்கிருந்து இறக்கம்தான். இறங்கும்போது கம்பெனிகள் என்ன செய்தன என்பதில்தான் எனக்குக் கோபம். 2002-இலேயே ஜப்பானியக் கைப்பேசியில் நிஜப் பாட்டின் துண்டை இறக்கி மணியோசையாக வைத்துக்கொள்ள முடிந்தது, 2004-இல் முழுப் பாட்டும் கைப்பேசிக்கு வந்துவிட்டது. ஐபோன் பிறப்பதற்கு மூன்று வருடம் முன்பு! தொழில்நுட்பத்தில் முன்னால் நின்றவர்கள், வியாபாரம் என்று வந்ததும் கதவைச் சாத்தினார்கள். சைஹான் விலைப் பாதுகாப்பு தட்டுக்குத்தான், இணையப் பாட்டுக்குக் கிடையாது. 3,000 யென் உறுதியாகக் கிடைக்கும் இடத்தை விட்டுவிட்டு, ஒரு தடவை கேட்டால் ஒரு யென்கூடத் தேறாத இடத்துக்கு எந்தக் கணக்குப்பிள்ளை போவான்? ஆகவே யூடியூபில் பாட்டின் பாதியை மட்டும் போட்டார்கள், பல பாட்டுகள் ஜப்பானுக்கு வெளியே திறக்காது. ஸ்பாட்டிஃபை அங்கே நுழைந்தது 2016 செப்டம்பரில், நான் ஊருக்குத் திரும்ப மூட்டை கட்டிக்கொண்டிருந்த சமயம். மூடிய கதவுக்கு உள்ளே தட்டு விற்பனையைத் தாங்கிப் பிடிக்கக் கைகுலுக்கலும் வாக்குச் சீட்டும் வந்தன. ஓரிகான் என்ற ஜப்பானிய விற்பனைப் பட்டியலில், தனிப்பாட்டு சிடி வரிசையில், 2011-ஆம் ஆண்டின் முதல் ஐந்து இடமும் ஏகேபி48 ஒன்றுக்கே போனது. நாடு எதைக் கேட்கிறது என்று காட்ட வேண்டிய பட்டியல், எவர் எத்தனை பெட்டி வாங்கினார் என்று காட்டிக்கொண்டிருந்தது.

வானொலியில் உட்கார்ந்து பேசும்போது இன்னொன்றைச் சொல்லாமல் போகக் கூடாது. பையன்களின் குழுக்களை உருவாக்கிப் பல பத்தாண்டு தொலைக்காட்சியை ஆண்ட ஜானீஸ் நிறுவனத்தின் நிறுவனர், தன்னிடம் பயிற்சிக்கு வந்த சிறுவர்களைப் பாலியல் கொடுமை செய்தார் என்று 1999-இலேயே ஒரு வார இதழ் தொடராக எழுதியது. 2003-இல் டோக்கியோ உயர் நீதிமன்றம் அதன் முக்கியப் பகுதி உண்மை என்று ஏற்றது, 2004-இல் அந்தத் தீர்ப்பு உறுதியானது. அதற்குப் பிறகும் பெரிய தொலைக்காட்சி நிலையங்கள் வாய் திறக்கவில்லை, திறந்தால் நிகழ்ச்சிக்கு நட்சத்திரங்கள் வரமாட்டார்கள். 2019-இல் அவர் இறந்தார். 2023-இல் பிபிசி ஆவணப்படம் வந்து, பாதிக்கப்பட்டவர்கள் முகம் காட்டிப் பேசிய பிறகுதான் நிறுவனம் ஒப்புக்கொண்டது. அந்த வருடக் கடைசி நாள் இரவு நாடே பார்க்கும் கோஹாகு என்ற தொலைக்காட்சிப் பாட்டு நிகழ்ச்சியில் அந்த நிறுவனத்தின் ஒரு குழுவும் மேடையேறவில்லை. ஒலிபரப்புகிறவர்கள் வாய்மூடி இருந்ததற்கு அந்தச் சிறுவர்கள் கொடுத்த விலையை எந்த விற்பனைக் கணக்கிலும் காட்ட முடியாது.

இதற்கிடையில் பாட்டு வேறு வாசல் வழியாக வெளியே போய்க்கொண்டிருந்தது. 2007-இல் சப்போரோவிலுள்ள கிரிப்டன் என்ற கம்பெனி ஹட்சுனே மிகு என்ற செயற்கைக் குரல் மென்பொருளை வெளியிட்டது. பாடகி தேவையில்லை, கம்பெனி தேவையில்லை, படுக்கையறையில் ஒரு கணினி போதும். கூச்ச சுபாவமுள்ள பிள்ளைகள் ஆயிரக்கணக்கில் மெட்டுப் போட்டு நிக்கோநிக்கோ என்ற காணொளித் தளத்தில் ஏற்றினார்கள். இன்று ஜப்பானின் பெரிய பெயர்களைப் பாருங்கள், பாடகர் யொனெசு கென்ஷி அங்கே வேறு பெயரில் பாட்டு ஏற்றியவர், யோஆசோபி என்ற இருவர் குழுவின் இசையமைப்பாளர் ஆயாசேவும் அங்கிருந்து வந்தவர்தான். 2020-இல் பில்போர்டு ஜப்பான் என்ற பாட்டு வரிசையின் ஆண்டுப் பட்டியலில் யோஆசோபியின் பாட்டு முதலிடம் பிடித்தபோது அதற்கு ஒரு சிடிகூட இல்லை. 2023-இல் அவர்களின் 'ஐடல்' பாட்டு பில்போர்டின் அமெரிக்கா நீங்கலான உலகப் பட்டியலில் முதலிடம் பிடித்தது, ஒரு அனிமே தொடரின் தொடக்கப் பாட்டு அது. நடு வயது ரசிகர் நாற்பது சிடி வாங்கித் தூக்கி நிறுத்தாத, உலகம் தானாகக் கேட்ட வெற்றி. 2025 மே மாதம் கியோட்டோவில் மியூசிக் அவார்ட்ஸ் ஜப்பான் என்று சர்வதேசப் பார்வையோடு புதிதாக விருது விழா நடத்தினார்கள். கதவு திறந்துவிட்டது, அதில் சந்தேகமில்லை.

திறந்த கதவு எல்லோருக்குமா என்றால், இல்லை. சின்ன மேடைகளைப் பாருங்கள். அங்கே 'லைவ் ஹவுஸ்' என்பார்கள், பெரும்பாலும் நிலத்தடியில், நூறு பேர் நின்று கேட்கக்கூடிய அறை. உணவகம் என்ற உரிமத்தில் நடப்பதால் உள்ளே போகும்போதே ஒரு பானத்துக்குக் காசு வாங்கிவிடுவார்கள். மேடையேறும் புதுக் குழுவுக்கு 'நொருமா' உண்டு, அதாவது இத்தனை சீட்டு நீ விற்றாக வேண்டும், விற்காவிட்டால் மீதிக் காசை நீயே கட்டு. பகலில் கடையில் பெட்டி தூக்கிவிட்டு, மாலையில் நண்பர்களுக்குச் சீட்டு விற்று, இரவு அரைமணி நேரம் வாசித்துவிட்டு, கைக்காசைக் கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போன பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன். கொரோனாவில் 2020-ஆம் ஆண்டு மேடை நிகழ்ச்சி வருமானம் முந்தைய வருடத்தில் கால் பங்குகூட இல்லாமல் விழுந்தது. இப்போது பழைய அளவைத் தாண்டி எழுந்துவிட்டது என்கிறார்கள், ஆனால் அதில் பெரும்பகுதி அரங்கத்தையும் மைதானத்தையும் நிரப்புகிறவர்களின் பணம், அந்த நிலத்தடி அறையின் பணமல்ல. ஸ்ட்ரீமிங்கில் வரும் சில்லறையும் அந்தப் பிள்ளைகளுக்கு ரயில் கட்டணத்துக்குப் போதாது. இங்கே சைஹான் காத்த 3,000 யென் ஆல்பம் கொஞ்சமாவது கைகொடுத்தது, ஐந்நூறு பேர் வாங்கினாலே அடுத்த பதிவுக்குக் காசு சேர்ந்தது. அதற்குப் பதிலாக எதையும் இன்னும் கண்டுபிடிக்கவில்லை.

கடைசியாக ஒருவரைப் பற்றி. மாட்சுபாரா மிகி. 1979 நவம்பரில், இருபது நிரம்ப மூன்று வாரம் இருக்கும்போது, 'மயோனகா நோ டோவா' என்ற முதல் பாட்டை வெளியிட்டார், நள்ளிரவுக் கதவு என்று பொருள். ஹயாஷி தெட்சுஜியின் மெட்டு. ஓரளவு ஓடியது. அப்புறம் அவரும் காலத்தோடு பின்னால் போனார், நோய்வாய்ப்பட்டு 2004-இல் 44 வயதில் இறந்தார். 2020 கடைசியில் ரெய்னிச் என்ற இந்தோனேசியப் பெண் அந்தப் பாட்டைப் பாடி இணையத்தில் போட, மூலப் பாட்டைத் தேடி உலகமே வந்தது. ஜப்பானிய அம்மாக்கள் உள்ள வீடுகளில் பிள்ளைகள் அதைச் சட்டென்று போட்டுவிட்டு, அம்மாவின் முகம் மாறுவதைப் படம் பிடித்துப் போட்டார்கள். சமையலறையில் நிற்கும் ஒரு அம்மா கரண்டியைக் கையில் வைத்தபடியே ஆடத் தொடங்குகிற ஒன்றைப் பார்த்துவிட்டு நான் வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். கதவு இன்னும் இருபது வருடம் முன்பு திறந்திருந்தால் அவர் அதைத் தன் கண்ணால் பார்த்திருப்பார்.

நிலையத்தில் கேட்டுக்கொண்டேன், போடுகிறோம் என்றார்கள். அந்தப் பத்தொன்பது வயதுக் குரல் இப்போது வரும்.